மோனசைட் என்னும் பெயர்

சென்ற கோடை விடுமுறையில் ஓரிரவு உணவருந்திக்கொண்டிருக்கையில் என் பேரன் ஒரு வினாவை எழுப்பினான். பள்ளியில் ஒவ்வொரு மாணவனும் தன் சொந்த ஊரின் விளைபொருள் ஒன்றைப் பற்றி எழுதி வரவேண்டுமாம். நாக்பூர்ப் பிள்ளை ஆரஞ்சைப் பற்றியும், இரத்தினகிரிப் பிள்ளை மாம்பழத்தைப் பற்றியும் எழுதப் போகிறார்கள். இவனோ மணவாளக்குறிச்சியின் மோனசைட்டைத் தேர்ந்துகொண்டான். “பாட்டா, மோனசைட் என்றால் தமிழில் என்ன?” என்று கேட்டான். செம்பூரில் பிறந்து வளர்ந்த பிள்ளை நம் ஊர் மண்ணைப் பற்றிக் கேட்கிறானே என்ற பெருமிதத்தில், “கருமணல்” என்று உடனே விடை பகர்ந்தேன்.

அவ்விடை முற்றும் தவறு. மறுநாள் நூல்களைப் புரட்டிய பிறகே அதனை உணர்ந்தேன். அறுபது ஆண்டுகளாக நானும் என் உறவினரும் தவறாகவே வழங்கிவந்த ஒரு சொல்லைப் பற்றி நம் திங்களிதழின் அன்பர்களுக்கும் எழுதினால் பயனுண்டு என்று தோன்றிற்று. கன்னியாகுமரி, நெல்லை மாவட்டங்களிலிருந்து பம்பாய்க்கு வந்த குடும்பங்கள் தாராவியிலும் மாதுங்காவிலும் செம்பூரிலும் பல்லாயிரம் உள்ளன அன்றோ?

கருமணல் என்று நாம் சுட்டுவது பெரும்பாலும் இல்மனைட் என்னும் தாதுவை. கரையைக் கறுப்பாக்குவது அதுவே. இரும்பும் டைட்டானியமும் கலந்த அப்பொருளிலிருந்துதான் சுவர்களுக்கு அடிக்கும் வெள்ளைச் சாயத்தின் மூலப்பொருள் கிடைக்கிறது. கரும்பொருளிலிருந்து வெண்மை பிறப்பது ஒரு விந்தை! சிவப்பாய் மின்னுவது கார்னெட். மாதுளை முத்தைப் போலிருப்பதால் மாதுளையின் இலத்தீன் பெயரே அதற்கு வாய்த்தது. மோனசைட்டோ தேன் நிறம் அல்லது மங்கிய மஞ்சள் நிறம் கொண்டது. கறுப்பும் சிவப்புமான பெருங்கூட்டத்திடையே மிகச் சிறுபான்மையாய் ஒளிந்து கிடப்பது. கண்ணுக்குத் தெரிகின்ற கறுப்பின் பெயரைக் காணாத மஞ்சளுக்குச் சூட்டிவிட்டோம்.

இனிப் பெயரின் பிறப்பைக் காண்போம். 1829-ஆம் ஆண்டு செருமானிய நாட்டுக் கனிமவியல் அறிஞர் பிரைதவுப்ட், உருசியாவின் ஊரல் மலைத்தொடரைச் சேர்ந்த இல்மன் மலைப்பகுதியிலிருந்து கிடைத்த சில படிகங்களை ஆராய்ந்தார். அவை பிற படிகங்களோடு கூடித் திரளாமல் ஒவ்வொன்றும் தனித்தனியே காணப்பட்டன. கிடைத்தவையும் மிகச் சிலவே. ஆகவே கிரேக்க மொழியில் ‘தனித்திருத்தல்’ எனப் பொருள்படும் ‘மோனாசைன்’ என்ற வினையிலிருந்து மோனசைட் என்னும் பெயரை ஆக்கினார். இல்மனைட் என்ற பெயரும் அந்த இல்மன் மலையிலிருந்து வந்ததே. உறைபனி மூடிய ஒரு மலையின் அடியில் பெயர் பெற்ற இவ்விரண்டும், வெயில் கொளுத்தும் நம் தென்கோடிக் கடற்கரையில் மீண்டும் ஒருங்கே கூடியிருக்கின்றன.

துறவியர் தங்கும் மடத்தை ஆங்கிலத்தில் ‘மொனாஸ்டரி’ என்கிறார்களே, அச்சொல்லும் இதே வினையடியிற் பிறந்தது. உலகத்தை விட்டுத் தனித்திருப்போர் உறையும் இடம் என்பது அதன் பொருள். ஆதலின் மோனசைட்டைத் ‘துறவிக் கல்’ என்று யாரேனும் மொழிபெயர்த்தாலும் பெரும்பிழையாகாது. என் நண்பர் ஒருவர், தமிழ்ப் பற்று மிக்கவர், இது நம் ‘மோனம்’ என்ற சொல்லிலிருந்து போனதே என்று சாதித்தார். மோனம் என்பது வடமொழி ‘மௌனம்’ என்பதன் திரிபு; கிரேக்கச் சொல்லோடு அதற்கு உறவில்லை. ஒலி ஒத்திருப்பது தற்செயலே. நண்பர் இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை.

செய்தித்தாள்களிலே இப்பெயரை ‘மோனோசைட்’ என்றும் எழுதக் காண்கிறோம். அது பிழையே, ‘மோனசைட்’ என்பதே மூல வடிவுக்கு நெருங்கியது. எனினும் ‘மோனோ’ என்பதும் ‘தனி, ஒன்று’ என்னும் பொருளுடைய அதே வேரினதாகையால், அறியாமற் செய்த பிழையும் பொருளை விட்டு அகலவில்லை. இதைவிடப் பெரிய குழப்பம் வேறொரு சொல்லில் இருக்கிறது.

மோனசைட்டினுள் சீரியம், இலாந்தனம், நியோடிமியம் முதலிய தனிமங்கள் உள்ளன. இவற்றின் கூட்டத்தை ஆங்கிலத்தில் ‘ரேர் எர்த்ஸ்’ என்பர். தமிழில் ‘அருமண்’ என்று அழகாக ஆக்கியுள்ளனர். பழைய வேதியியலார், எளிதில் உருகாத, நீரில் கரையாத ஆக்சைடுகளை ‘மண்’ என்ற இனத்தில் சேர்த்தனர்; அத்தகையவற்றுள் அரிதாய்க் கண்டவை ‘அருமண்’ ஆயின. 1950-இல் இந்திய அரசும் அன்றைய திருவிதாங்கூர்-கொச்சி அரசும் சேர்ந்து நிறுவிய ‘இந்தியன் ரேர் எர்த்ஸ்’ நிறுவனத்தின் பெயர் இதிலிருந்து வந்தது. அதன் தலைமையகம் நம் பம்பாயில், பிரபாதேவியில், சித்தி விநாயகர் கோயிலுக்கு அண்மையிலேயே இருப்பதை அவ்வழி செல்லும் நம்மவருள் எத்தனை பேர் கவனித்திருப்பார்கள்? 1965-இல் மணவாளக்குறிச்சி ஆலையும் அந்நிறுவனத்தின் கைக்கு வந்தது. அதனை ஊரார் ‘மணல் ஆலை’ என்றனர். செய்தி எழுதுவோர் ‘அருமணல் ஆலை’ என்றனர். மண் எப்படியோ மணல் ஆயிற்று! அருமண் என்பது தாதுவுக்குள்ளே மறைந்திருக்கும் பொருள். மணல் என்பது அதனைச் சுமந்து கரையில் கிடக்கும் பொருள். நெல்லையும் வயலையும் ஒன்றாகக் கூறுவது போன்றது இது.

‘அரு’ என்னும் அடைமொழியும் உண்மையன்று. சீரியம் பூமியின் மேலோட்டில் ஏறக்குறையச் செம்பின் அளவுக்கு உள்ளது. அரிதாயிருப்பது அதனைப் பிறவற்றிலிருந்து பிரித்தெடுக்கும் வழியேயாகும். இலாந்தனம் என்ற பெயருக்கு ‘ஒளிந்திருப்பது’ என்றும், நியோடிமியம் என்பதற்குப் ‘புதிய இரட்டை’ என்றும், டிஸ்புரோசியம் என்பதற்கு ‘அடைதற்கு அரியது’ என்றும் பொருள். பெயரிட்ட அறிஞர்கள் பட்ட பாடெல்லாம் பெயர்களிலேயே பதிந்து கிடக்கிறது.

உருசிய மலையில் பெயர் பெற்ற பொருள் நம் கரையில் இருப்பது எவ்வாறு வெளிப்பட்டது? இதற்குக் காரணம் தேங்காய் நார். 1885-இல் ஆஸ்திரிய நாட்டு அவுவர் என்பார் வாயு விளக்குக்குரிய ‘மேண்டில்’ என்னும் வலையைக் கண்டறிந்தார். 1891-இல் நூற்றுக்குத் தொண்ணூற்றொன்பது பங்கு தோரியமும் ஒரு பங்கு சீரியமும் கலந்தால் வெண்ணிற ஒளி பெருகும் என்று கண்டு அதனைச் செம்மைப்படுத்தினார். ஐரோப்பிய நகரங்களின் தெருக்கள் அதனால் ஒளி பெற்றன. அதற்கு வேண்டிய தோரியம் பிரேசில் நாட்டுக் கடற்கரை மோனசைட்டிலிருந்து கிடைத்துவந்தது. இந்நிலையில் 1909-இல் சோம்பர்க் என்னும் செருமானிய வேதியியலர், திருவிதாங்கூரிலிருந்து இறக்குமதியான கயிற்று நாரில் ஒட்டியிருந்த மணலிலே மோனசைட் இருப்பதைக் கண்டார். நார் விற்றவரும் அறியார், கயிறு திரித்த பெண்டிரும் அறியார். ஒட்டிச் சென்ற மணல் ஊரைக் காட்டிக்கொடுத்துவிட்டது. அவர் நாடி வந்து மணவாளக்குறிச்சியிலேயே முதல் ஆலையை எழுப்பினார். முதல் உலகப் போர் மூண்டதும் செருமானியராகிய அவர் நிலை என்னவாகும்? ஆலை ஆங்கிலேயக் குழுமத்தின் வசமாயிற்று.

நம் வீட்டுத் திருமணங்களில் தலைமேல் சுமந்துவந்த பெட்ரோமாக்ஸ் விளக்குகளை முதியோர் மறந்திருக்கமாட்டார்கள். தொட்டால் உதிரும் அந்த மேண்டிலை வைத்து அமைத்த நகைச்சுவைக் காட்சியொன்று 1984-இல் வந்த ‘வைதேகி காத்திருந்தாள்’ படத்தில் உண்டு, இளையோரும் அறிவர். மணவறைக்கு ஒளி தந்தது ‘தனித்திருப்பது’ என்னும் பெயருடைய பொருள்! அது கிடைக்கும் ஊரின் பெயரிலோ ‘மணவாளன்’ இருக்கிறான். அருகிலேயே திருமணம் நிகழாமல் தனித்து நிற்கும் கன்னியாகுமரி அன்னை. அத்திருமணத்திற்கென்று சமைத்த அரிசியும் பலகாரங்களுமே பலநிற மணலாய் மாறின என்பது செவிவழிக் கதை. பிரைதவுப்ட் இக்கதையைக் கேட்டிருக்க வழியில்லை. கேட்டிருந்தாலும் இதனிலும் பொருத்தமான பெயரை அவரால் சூட்டியிருக்க இயலாது.

மணல் இங்கே சேர்ந்த வகையை அறிவியல் வேறுவிதமாகக் கூறும். மேற்குத் தொடர்ச்சி மலையின் பழம்பாறைகள் சிதைந்து, ஆறுகள் வழியே கடலை அடைந்தன. பருவமழைக் காலத்து அலைகள் மணலைக் கரைமேல் எறிந்து, திரும்பும்போது எடை குறைந்த வெண்மணலை வாரிச் செல்கின்றன. எடை மிக்க தாதுக்கள் தங்கிவிடுகின்றன. மோனசைட் சாதாரண மணலைப் போல் ஏறத்தாழ இரு மடங்கு எடையுடையது. முறத்திலிட்டுப் புடைக்கும் நம் பெண்டிரின் தொழிலைக் கடலன்னை ஊழிக்காலமாய்ச் செய்துவருகிறாள்.

செம்பூர் அன்பர்களுக்கு உரிய செய்தி இனிமேல்தான். விளக்கு வலைக்குப் பயன்பட்ட தோரியம், இடியின் தெய்வமாகிய ‘தோர்’ என்பவன் பெயரைத் தாங்கியது. அது கதிர்வீசும் தன்மையுடையது என்பது 1898-இல் வெளிப்பட்டது; அணுவைப் பிளக்கும் வழி தெரிந்தபின் அதன் மதிப்பு வானளாவிற்று. 1947-இல் திருவிதாங்கூர் தனிநாடாக நிற்கும் என்ற பேச்சு எழுந்தபோது, இம்மணலும் அப்பேச்சின் பின்னணியில் இருந்தது. 1952 டிசம்பரில் ஆலுவாயிலே மோனசைட்டைப் பிரிக்கும் ஆலையை நேரு நாட்டுக்கு அர்ப்பணித்தார். 1955 ஆகஸ்டு 1-ஆம் நாள் டிராம்பேயில் தோரிய ஆலை உற்பத்தியைத் தொடங்கிற்று. நம் ஊர் மணலின் சாரம் ஆலுவாய் வழியாக டிராம்பேக்கு வந்து சேர்ந்தது. கயிற்றுக் கட்டிலும் கருப்பட்டியும் சுமந்து நம் முன்னோர் தாதர் நிலையத்தில் இறங்கிய காலத்திலேயே அதுவும் இந்நகருக்குக் குடிபெயர்ந்துவிட்டது. எங்கள் வீட்டு மாடியில் நின்றால் தென்படும் டிராம்பே குன்றை என் பேரன் இப்போது வேறு கண்ணால் பார்க்கிறான்.

தோரியம் தானே பிளவுபட்டு ஆற்றல் தருவதன்று. நியூட்ரானை ஏற்று யுரேனியம்-233 ஆக மாறிய பிறகே அது எரிபொருளாகும். அந்த எரிபொருளால் இயங்கும் ‘காமினி’ என்னும் சிற்றுலை கல்பாக்கத்தில் 1996-இல் இயங்கத் தொடங்கிற்று. அதன் திறன் 30 கிலோவாட் மட்டுமே. இந்தியாவில் சற்றேறக்குறைய 1 கோடியே 30 இலட்சம் டன் மோனசைட் இருப்பதாக அணுசக்தித் துறை மதிப்பிட்டுள்ளது. ஆயினும் தோரிய மின்சாரம் இன்னும் நம் வீட்டு விளக்குக்கு வந்து சேரவில்லை. ‘ஊர் மணலில் கோடி கோடியாய்ப் பணம்’ என்று கைப்பேசியில் உலவும் செய்திகளை நம்புவோர் இதனை நினைவிற் கொள்வது நலம். 1962-ஆம் ஆண்டின் அணுசக்திச் சட்டம் மோனசைட்டை அரசின் கட்டுப்பாட்டுக்கு உட்பட்ட பொருளாக்கிற்று. தனியார் விருப்பம்போல் எடுத்து விற்க இடமில்லை.

பணம் என்று மயங்குவோர் ஒருபுறமிருக்க, பெயரைக் கேட்டே அஞ்சுவோர் மற்றொருபுறம். ஊரிலிருந்து பெண் எடுக்கத் தயங்கிய ஒரு குடும்பத்தை நானறிவேன். ‘அங்கே மணலில் கதிர்வீச்சாமே’ என்பது அவர்கள் கூறிய காரணம். இக்கரையில் இயற்கைக் கதிர்வீச்சு பிற இடங்களைவிட மிகுதி என்பது மெய். இதே மணலுள்ள கேரளத்துக் கருநாகப்பள்ளியில் சுமார் 70,000 மக்களைப் பல ஆண்டுகள் கண்காணித்து 2009-இல் வெளியிட்ட ஆய்வு, அக்கதிர்வீச்சினால் புற்றுநோய் மிகுந்ததாகக் காணப்படவில்லை என்றது. கடலோர மக்களின் கலக்கம் இதனோடு தீரவில்லை. கிள்ளியூர் வட்டத்தில் 1,144 ஹெக்டேர் நிலத்தில் தாது மணல் எடுக்கும் திட்டத்தை மீனவ மக்கள் எதிர்த்துவருகின்றனர். நோயச்சத்தோடு, மணலை அகழ்ந்தால் கரை நிலைக்குமா, வீடு நிலைக்குமா என்ற கேள்வியும் அவர்களுடையது. நியோடிமியம் வேண்டும் என்று உலகமே கைநீட்டும் இந்நாளில் அக்கேள்வியை ஒதுக்கிவிடுதல் நேர்மையாகாது என்பது என் கருத்து. கரையில் வாழ்பவர் அவர்கள். நாமோ விடுமுறைக்குப் போய் வருகிறவர்கள்.

பேரனின் கட்டுரைக்குத் தமிழ்ப் பெயர் ஒன்று வேண்டுமே! ‘துறவிக் கல்’ என்றேன், சிரித்தான். ‘தனிமணி’ என்றேன், அது யாரோ ஒரு பெண்ணின் பெயர்போல் இருக்கிறது என்றான். முடிவில் மோனசைட் என்றே எழுதி, பக்கத்திலே ‘தனித்திருப்பது என்று பொருள்’ எனக் குறித்துக்கொண்டான்.

என் தாயாரின் தகரப் பெட்டியில், கன்னியாகுமரிக் கடைத்தெருவில் வாங்கிய பலநிற மணல் பொட்டலம் ஒன்று பல்லாண்டுகளாய் இருந்தது. அதை எடுத்து ஒரு தாளில் பரப்பினோம். பழுதான கணிப்பொறியிலிருந்து கழற்றிய காந்தத் துண்டொன்றைப் பேரன் கொண்டுவந்தான். அவ்வகைக் காந்தத்தில் நியோடிமியம் உண்டு. தாளின் அடியில் அதை நகர்த்தியதும் கறுப்பு மணிகள் உடனே அணிவகுத்துப் பின்தொடர்ந்தன. சிவப்பு மணிகள் சற்றுத் தயங்கி அசைந்தன. மஞ்சளாய்க் கிடந்த சிலவற்றுள் எது மோனசைட், எது வெறும் மணல் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. அவற்றை மட்டும் பொட்டலத்தில் மீண்டும் மடித்து வைத்துவிட்டு, “ஊருக்குப் போகும்போது ஆலைக்காரரிடமே கேட்போம், பாட்டா” என்றான்.