கரண்டுக்குப் பயந்து சிகிச்சையைப் பாதியில் விடலாமா?



"புற்றுநோய்" என்று டாக்டர் சொன்னதும் நம்மவர்களுக்குப் பாதி உயிர் போய்விடுகிறது. "கரண்டு வைக்கணும்" என்று அடுத்த வார்த்தை வந்ததும் மீதி உயிரும் போய்விடுகிறது. "கரண்டு வச்சா உடம்பு உள்ளேயே கருகிடும்", "வச்சிட்டு வந்தவங்க பக்கத்துல பிள்ளையைப் படுக்க விடாதே", "பத்து தடவை போனேன், வயிறு எரியுது, போதும்னு நிறுத்திட்டேன்" – இப்படிப்பட்ட பேச்சுகளைத் தோட்டத்து வீடுகளில் எத்தனையோ முறை கேட்டிருக்கிறோம். சம்பளத் தகராறையும் வீட்டுப் பிரச்சினையையும் பேசுகிற இந்தப் பகுதியில் இன்று இதைப் பேசுவதற்குக் காரணம் உண்டு. சிகிச்சையைப் பாதியில் விடுவது உயிர் விஷயம்; லீவு கிடைக்காமல் விடுவது சங்கத்தின் விஷயமும் ஆகும்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கி விடுவோம். நாம் கரண்டு என்று சொல்வது மின்சாரம் அல்ல. நெஞ்சுக்குப் படம் எடுக்கிறார்களே, அந்த எக்ஸ்ரே கதிரின் அண்ணன் அது. 1895-ஆம் ஆண்டில் ஜெர்மனியில் ரோண்ட்கன் என்ற விஞ்ஞானி எக்ஸ்ரேயைக் கண்டுபிடித்தார். 1898-இல் மேரி கியூரி அம்மையாரும் அவர் கணவரும் ரேடியத்தைக் கண்டுபிடித்தார்கள். கண்ணுக்குத் தெரியாது, தொட்டால் சுடாது, வாசனையும் கிடையாது. அப்படியானால் அது உடம்பை என்னதான் செய்கிறது?

இரண்டு புரிக் கயிறு

நம் உடம்பு கோடி கோடியான உயிரணுக்களால் ஆனது. ஒவ்வொன்றிலும் பெரும்பகுதி தண்ணீர். அதன் நடுவே டி.என்.ஏ. என்ற நீண்ட இழை சுருண்டு கிடக்கிறது. இரண்டு புரியாக முறுக்கிய கயிறு போன்றது அது. உயிரணு என்ன வேலை செய்ய வேண்டும், எப்போது இரண்டாகப் பிரிய வேண்டும் என்ற கட்டளையெல்லாம் அதில்தான் எழுதியிருக்கிறது. நம் பேச்சில் சொன்னால் உயிரணுவின் செக்ரோல் புத்தகம் அதுதான்.

கதிர் உள்ளே நுழைந்ததும் அணுக்களில் இருக்கும் எலக்ட்ரானைத் தட்டிவிடுகிறது. தட்டுப்பட்ட எலக்ட்ரான் போகிற வழியில் டி.என்.ஏ.யை நேராக அடித்து அறுக்கலாம். ஆனால் பெரும்பாலும் அது பக்கத்தில் இருக்கிற தண்ணீரைத்தான் உடைக்கிறது. உடைந்த தண்ணீரிலிருந்து ஹைட்ராக்சில் என்ற முரட்டுத் துண்டு ஒன்று பிறக்கிறது. அதன் ஆயுள் ஒரு வினாடியில் கோடியில் ஒரு பங்கு கூட இல்லை. அதற்குள் கைக்கெட்டிய தூரத்தில் டி.என்.ஏ. இருந்தால் அதைக் கடித்துவிடுகிறது. எக்ஸ்ரே செய்யும் சேதத்தில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு இந்தத் துண்டின் வேலைதான்.

கதிரின் அளவைக் 'கிரே' என்று கணக்கிடுகிறார்கள். ஒரு கிரே பட்டால், ஒவ்வோர் உயிரணுவிலும் ஒற்றைப் புரி அறுந்த இடங்கள் சுமார் 1,000 உண்டாகும். இரண்டு புரியும் ஒரே இடத்தில் அறுந்தவை சுமார் 40 இருக்கும். ஒற்றைப் புரி அறுந்தால் பெரிய கவலை இல்லை. எதிர்ப் புரியை மாதிரியாக வைத்துக்கொண்டு உயிரணு தானே பின்னிக்கொள்ளும். இரண்டும் சேர்ந்து அறுந்தால்தான் ஆபத்து. எந்த முனையை எதோடு முடிவது என்று தெரியாமல் திண்டாடும். சரியாக முடிந்துகொண்டால் பிழைத்தது. முடியாவிட்டால், இரண்டாகப் பிரியப் போகும்போது செத்துவிடும். தப்பாக முடிந்துகொண்டு உயிரோடும் இருந்துவிட்டால், அந்தத் தப்பு பல வருடம் கழித்துப் புற்றுநோயாகத் தலைகாட்டலாம்.

அடிக்கடி பிரிந்து பெருகுகிற உயிரணுக்களில்தான் இந்தச் சேதம் சீக்கிரம் வெளியே தெரிகிறது. எலும்பு மஜ்ஜை, குடலின் உட்தோல், முடியின் வேர் ஆகியவை முதலில் அடி வாங்குவது இதனால்தான்.

ஒரு கரண்டிக் காப்பி

கருகிடும் என்கிறார்களே, அந்தக் கணக்கையும் பார்த்துவிடுவோம். 4 கிரே கதிர் உடம்பு முழுக்க ஒரே நேரத்தில் பட்டு, சிகிச்சையும் இல்லாவிட்டால், இரண்டு பேரில் ஒருவர் பிழைப்பது கஷ்டம். ஆனால் அந்தக் கதிரிலுள்ள சூடு எவ்வளவு? 70 கிலோ எடையுள்ள ஆளுக்கு, ஒரு சின்னக் கரண்டி சூடான காப்பியைக் குடித்தால் ஏறுகிற சூடு. உடம்பின் வெப்பம் ஒரு டிகிரியில் ஆயிரத்தில் ஒரு பங்குதான் உயரும்.

ஆகவே கதிர் யாரையும் வேக வைப்பதில்லை. காப்பியின் சூடு உடம்பெங்கும் பரவிவிடுகிறது. கதிரின் சக்தியோ ஊசிமுனை போன்ற இடங்களில் குவிந்து, சரியாக அந்தக் கயிற்றை அறுக்கிறது. கொஞ்சம் சக்தி, ஆனால் குறி மட்டும் தப்புவதில்லை.

தூரிகையை உதட்டில் வைத்த பெண்கள்

இந்த உண்மைக்கு உலகம் கொடுத்த விலையில் பெரும்பங்கு தொழிலாளர் கணக்கில்தான் எழுதப்பட்டது. தோழர்கள் இதைக் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டும்.

1917-ஆம் ஆண்டு முதல் அமெரிக்காவின் நியூ ஜெர்சியில் ஒரு தொழிற்சாலையில் இளம் பெண்கள் வேலைக்குச் சேர்ந்தார்கள். கடிகார முகத்தில் ரேடியம் கலந்த சாயத்தைப் பூசுவது வேலை. இருட்டில் எண்கள் ஒளிரும். கடிகாரத்துக்கு இவ்வளவு என்று எண்ணிக்கைக் கூலி. தூரிகை முனை கூராக இருக்க வேண்டும் என்பதற்காக அதை உதட்டில் வைத்துச் சுருட்டச் சொல்லிக் கொடுத்தார்கள். "ஒன்றும் செய்யாது" என்றார்கள். அதே தொழிற்சாலையில் ரேடியத்தைக் கையாண்ட ரசாயன நிபுணர்கள் ஈயத் தடுப்பும் இடுக்கியும் வைத்திருந்தார்கள்!

ரேடியம் கால்சியத்தின் சாயல் உள்ள பொருள். அதனால் உடம்பு ஏமாந்து அதை எலும்பில் கொண்டுபோய்ச் சேர்த்துவிடும். அது வீசும் ஆல்பா துகளை வெளியே இருந்தால் ஒரு காகிதமே தடுத்துவிடும். எலும்புக்குள்ளே உட்கார்ந்துவிட்டால் தடுப்பது யார்? பக்கத்திலுள்ள உயிரணுக்களில் இரண்டு புரியையும் நெருக்கமாக அறுத்துத் தள்ளும். அந்தப் பெண்களுக்குப் பல் கொட்டியது, தாடை எலும்பு அழுகியது, இரத்தம் வற்றியது. 1922-இல் மாண்டுபோன மாலி மாக்கியா என்ற பெண்ணின் இறப்புச் சான்றில் மேகநோய் என்று எழுதினார்கள். செத்தவளின் மானத்தையும் சேர்த்துப் புதைத்தார்கள். 1927-இல் அந்த உடலைத் தோண்டி எடுத்துச் சோதித்தபோது எலும்பு ரேடியத்தால் நிறைந்திருந்தது; மேகநோயின் தடயமே இல்லை.

கிரேஸ் ஃப்ரையர் என்ற பெண் வழக்குப் போட ஒரு வழக்கறிஞரைத் தேடி இரண்டு வருடம் அலைந்தார். மாலியின் இரண்டு சகோதரிகள் உட்பட ஐந்து பேர் சேர்ந்து போராடினார்கள். 1928-இல் ஆளுக்கு 10,000 டாலரும், வருடத்துக்கு 600 டாலரும், மருத்துவச் செலவும் என்று சமரசம் ஆனது. பணம் பெரிதல்ல. வேலையால் வந்த நோய்க்கு முதலாளி பதில் சொல்ல வேண்டும் என்ற வழி அந்தப் பெண்களால் அகலமானது. தொழிலாளி உடம்பில் ரேடியம் எவ்வளவு சேரலாம் என்ற முதல் வரம்பும் அவர்களைப் போன்றவர்களின் எலும்பைப் பார்த்துத்தான் பின்னாளில் வகுக்கப்பட்டது.

நம் மண்ணுக்கும் இது அந்நியக் கதை அல்ல. பேராக்கின் ஈய லம்பங்களில் மிஞ்சும் அமாங் மணலில் மோனசைட் உண்டு. மோனசைட்டில் தோரியம் என்ற கதிர்ப்பொருள் உண்டு. ஈப்போ அருகே புக்கிட் மேராவில் மோனசைட்டைப் பிரித்த ஆலைக்கு எதிராகச் சுற்றுவட்டார மக்கள் 1985-இல் வழக்குப் போட்டார்கள். 1992-இல் ஈப்போ உயர் நீதிமன்றத்தில் வென்றார்கள். 1993-இல் உச்ச நீதிமன்றத்தில் அந்தத் தீர்ப்பு மாறியது. 1994-இல் ஆலை மூடப்பட்டது.

நம் நாட்டில் 1984-ஆம் ஆண்டு அணுசக்தி உரிமச் சட்டம் வந்தது. கதிரோடு வேலை செய்கிறவருக்கு வருடத்துக்கு 20 மில்லிசீவர்ட், பொதுமக்களுக்கு 1 மில்லிசீவர்ட் என்று விதிமுறை வரம்பு கட்டியிருக்கிறது. தோட்டத்தை விட்டுப் பட்டணத்துக்குப் போன நம் பிள்ளைகளில் குழாய்ப் பற்றவைப்பைக் கதிர் வைத்துச் சோதிக்கும் வேலைக்குப் போகிறவர்களும் உண்டு. "சட்டையில் மாட்டிய அட்டையில் இந்த மாசம் எவ்வளவு காட்டியது?" என்று கேட்கச் சொல்லுங்கள். அது அவர்கள் உரிமை.

அதே கத்தி, மருந்தாக

இப்போது சிகிச்சைக்கு வருவோம். கயிற்றை அறுப்பதுதான் கதிரின் குணம் என்றால், புற்றுநோய் உயிரணுவின் கயிற்றை அறுக்க அதையே ஏவலாம் அல்லவா? இதுதான் கதிர் சிகிச்சையின் மொத்த இரகசியம்.

பால் வெட்டியவர்களுக்கு இதை விளக்குவது சுலபம். பட்டையை மெல்லிசாகச் சீவ வேண்டும். கத்தி கட்டையைத் தொட்டால் மரத்துக்குக் காயம். இன்று வெட்டினால் நாளை அந்த மரத்துக்கு ஓய்வு. ஒரே நாளில் ஒரு வருடப் பாலையும் எடுக்கிறேன் என்று எவனாவது இறங்கினால் மரம் என்னாகும்?

கதிர் சிகிச்சையும் இந்த மாதிரிதான். பல நோய்களுக்கு நாளொன்றுக்கு 2 கிரே வீதம், வாரத்தில் 5 நாள், 5 முதல் 7 வாரம் வரை கொடுக்கிறார்கள். மொத்தத்தையும் ஒரே நாளில் கொடுத்தால் நல்ல சதையும் தாங்காது. ஒரு தடவைக்கும் அடுத்த தடவைக்கும் இடையிலுள்ள நேரத்தில் நல்ல உயிரணு தன் கயிற்றைப் பின்னிக்கொள்கிறது. புற்றுநோய் உயிரணு பெரும்பாலும் அந்த ரிப்பேர் வேலையில் மட்டம். பிரியப் போய்ச் சாகிறது. பல பக்கத்திலிருந்து கதிரை விட்டு, எல்லாம் கட்டியில் வந்து கூடும்படியும் செய்கிறார்கள்.

இப்போது புரிகிறதா, பாதியில் விட்டால் ஏன் மோசம் என்று? லாலான் புல்லைப் பாதி வெட்டிவிட்டு இரண்டு வாரம் போகாமல் இருந்தால் காடாகிவிடும். விட்டுப்போன நாட்களில் மிஞ்சிய புற்றுநோய் உயிரணு பெருகுகிறது. கருப்பைவாய்ப் புற்றுநோயில் சிகிச்சை நாள் நீள நீளப் பலன் குறைகிறது என்பது டாக்டர்கள் உறுதியாகக் கண்டது. இரத்தசோகையையும் அலட்சியம் செய்யாதீர்கள். கட்டிக்குள் ஆக்சிஜன் நன்றாகப் போனால்தான் கதிர் அறுத்தது அறுத்தபடி நிற்கும்.

தோல் சிவக்கும், களைப்பு வரும், வயிற்றில் வைத்தால் பேதியாகும். இவை பெரும்பாலும் சிகிச்சை முடிந்து சில வாரங்களில் ஆறும். சில தொந்தரவுகள் பின்னாலும் வரலாம். எதையும் மறைக்காமல் டாக்டரிடம் சொல்லுங்கள், நீங்களாக நிறுத்தாதீர்கள்.

வெளியிலிருந்து கதிர் வைத்துக்கொண்டவரின் உடம்பில் கதிர் தங்குவதில்லை. விளக்கை அணைத்தால் அறையில் வெளிச்சம் தங்குகிறதா? அதுபோலத்தான். அந்தத் தாய் வீட்டுக்கு வந்ததும் பிள்ளையை மடியில் போட்டுக்கொள்ளலாம். தைராய்டு நோய்க்குக் கதிர் அயோடின் குடிக்கிறவர்கள் மட்டும் டாக்டர் சொல்கிற நாள் வரை விலகி இருக்க வேண்டும். அதன் வீரியம் 8 நாளைக்கு ஒருமுறை பாதியாகக் குறையும்.

சாதாரண நெஞ்சு எக்ஸ்ரேக்கும் பயப்பட வேண்டாம். அதன் அளவு 0.1 மில்லிசீவர்ட்டுக்கு மேல் போவதில்லை. மண்ணிலிருந்தும் வானத்திலிருந்தும் மனிதனுக்குச் சராசரியாக வருடத்துக்கு 2.4 மில்லிசீவர்ட் எப்படியும் கிடைத்துக்கொண்டுதான் இருக்கிறது. கர்ப்பிணியாக இருந்தால் மட்டும் படம் எடுக்குமுன் வாய் திறந்து சொல்லிவிட வேண்டும்.

லீவுக் கணக்கு

இனி சங்கத்தின் கடமை. 5 வாரச் சிகிச்சை என்றால் 25 வேலை நாள். கதிர் இயந்திரம் எல்லா ஆஸ்பத்திரியிலும் கிடையாது. பலர் வெகுதூரம் போக வேண்டும். தீபகற்ப மலேசியாவில் 1955-ஆம் ஆண்டு வேலைச் சட்டப்படி சாதாரண நோய் விடுப்பு, வேலை செய்த வருடத்தைப் பொறுத்து 14, 18 அல்லது 22 நாள். அது போதாது. ஆனால் ஆஸ்பத்திரிச் சிகிச்சை தேவை என்று டாக்டர் சான்று கொடுத்தால் வருடத்துக்கு 60 நாள் உண்டு. 2023 முதல் அந்த 60 நாள், நோய் விடுப்பில் கழியாமல் தனியாகக் கணக்காகிறது.

ஆகவே சிகிச்சை தொடங்குமுன்பே எத்தனை நாள், எந்தத் தேதி என்று டாக்டரிடம் எழுதி வாங்குங்கள். அதன் நகலைக் கிளைச் செயலாளரிடம் கொடுங்கள். "லீவு முடிஞ்சு போச்சு, வேலைக்கு வா" என்று யாராவது சொன்னால் தனியாக நின்று பதில் சொல்ல வேண்டாம், சங்கம் பேசட்டும். வேலை செய்யவே முடியாத நிலை வந்தவர்கள் சொக்சோவின் இலாட் ஓய்வூதியத்துக்கு மனுப்போடவும் நாம் உதவ வேண்டும்.

தோழர்களே, அந்த நியூ ஜெர்சிப் பெண்களிடம் உண்மையை மறைத்தார்கள், தெரியாமல் செத்தார்கள். நமக்கு உண்மை தெரிகிறது. அப்படியிருந்தும் வதந்திக்குப் பயந்தோ, ஒரு நாள் கூலிக்குப் பயந்தோ நம் தாய்மார்கள் சாகலாமா? உங்கள் தோட்டத்தில் யாராவது சிகிச்சையைப் பாதியில் விட்டிருந்தால், இந்த ஞாயிற்றுக்கிழமையே அவர் வீட்டுக்குப் போய் உட்கார்ந்து பேசுங்கள். திங்கட்கிழமை ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போக ஒரு வண்டிக்கும் ஏற்பாடு செய்யுங்கள்.