தொக்கு எந்தப் பெட்டியில்?

எங்கள் தெருவில் யார் அமெரிக்கா கிளம்பினாலும் பெட்டி கட்ட என்னைத்தான் கூப்பிடுவார்கள். துணிமணி அவர்கள் பாடு. தொக்கு, புளிக்காய்ச்சல், ஊறுகாய் என் பாடு.

தடவிச் சாப்பிடுகிற எதையும் கைப்பையில் வைக்க விடமாட்டேன். "தொக்கு கெட்டியாத்தானே இருக்கு மாமி, தண்ணியாவா ஓடுது?" என்பார்கள். விமான நிலையத்துச் சோதனைக் கணக்கில் தொக்கு, ஜாம், வேர்க்கடலை வெண்ணெய் எல்லாமே திரவம்தான். 2006 ஆகஸ்டில், திரவ வெடிபொருளைக் குளிர்பான பாட்டிலில் ஏற்றி, பிரிட்டனிலிருந்து அமெரிக்கா, கனடா போகும் விமானங்களைத் தகர்க்க நடந்த சதி அம்பலமானது. அதற்குப் பிறகு வந்ததுதான், கைப்பையில் திரவ டப்பா 100 மில்லியைத் தாண்டக்கூடாது என்கிற கெடுபிடி. அதிலும் டப்பாவின் கொள்ளளவைத்தான் பார்ப்பார்கள். 200 மில்லி பாட்டிலின் அடியில் இரண்டு ஸ்பூன் ஆவக்காய் ஒட்டிக்கொண்டிருந்தாலும் அது குப்பைத் தொட்டிக்குத்தான். சில ஊர்களில் புதுக் கருவி வந்து தளர்த்திவிட்டார்களாம். வழியில் விமானம் மாறும் ஊரில் பழைய கருவி இருந்தால் என்ன செய்வது?

ஆகவே செக்-இன் பெட்டி. அங்கே தொல்லை கொடுப்பது காற்று. பறக்கும்போது விமானத்துக்குள் அழுத்தம் கிட்டத்தட்ட ஊட்டி உயரத்துக்குக் குறைகிறது. பாட்டிலில் அடைபட்ட காற்று விரிந்து, எண்ணெயை மூடியின் மரை வழியாக வெளியே தள்ளும். அதனால் தொக்கைச் சுருள வதக்கி, நன்றாக ஆறவிட்டு, இடைவெளியில்லாமல் கழுத்துவரை அழுத்தி நிரப்புவேன். மிதக்கிற எண்ணெயை வடித்துவிடலாம். போய்ச் சேர்ந்ததும் நல்லெண்ணெய் ஊற்றிக்கொள்ளட்டும். பாட்டில் வாயில் பாலித்தீன் தாளை இரண்டாக மடித்துப் போட்டு, அதன்மேல் மூடி, சுற்றி டேப், பிறகு ஒன்றுக்குள் ஒன்றாக இரண்டு ஜிப் கவர். கிளம்புவதற்கு முந்தின ராத்திரி செய்தித்தாள்மேல் கவிழ்த்து வைத்துப் பார்ப்பதும் உண்டு. காலையில் தாளில் எண்ணெய் வட்டம் தெரிந்தால் அந்த பாட்டில் பயணத்துக்கு ஆகாது. கண்ணாடி பாட்டிலை நான் தொடுவதே இல்லை.

ஆட்டுக்கறி, கோழி ஊறுகாய்க்கு அமெரிக்காவில் பொதுவாக அனுமதி கிடையாது. மாங்காய் ஊறுகாயே ஆனாலும், இறங்கியதும் சாப்பாட்டுப் பொருள் இருக்கிறது என்று சொல்லிவிட வேண்டும், மறைத்தால் அபராதம். கொப்பரையை இங்கேயே எடுத்து வைத்துவிடுவார்கள். அதிலுள்ள எண்ணெய் தீப்பிடிக்குமாம்.

இட்லிப் பொடி கெட்டி சாமான்தானே என்று கைப்பையில் திணிப்பவர்களும் இருக்கிறார்கள். 350 மில்லிக்கு மேல் பொடி இருந்தால் அமெரிக்கப் பயணத்தில் தனியாகப் பிரித்துச் சோதிக்கலாம். அதையும் பெரிய பெட்டியிலேயே போட்டுவிடுங்கள்.