திருவிழாவில் பிறந்த விளையாட்டு



ஒலிம்பிக் என்று சொன்னவுடன் நமக்கு என்ன ஞாபகம் வரும்? தங்கப் பதக்கம், தேசியக் கொடி, டிவியில் ஓட்டப் பந்தயம். ஆனால் ஒலிம்பிக் முதலில் ஒரு கோயில் திருவிழா என்பது உங்களில் எத்தனை பேருக்குத் தெரியும்? நம்ம பக்கம் பொங்கலுக்கு மாட்டுக் கொம்புக்கு வர்ணம் பூசி, படையல் போட்டு, அப்புறம் கபடி, உறியடி, வழுக்குமரம் என்று வைக்கிறோமே, கிட்டத்தட்ட அதே மாதிரிதான் அதுவும். இந்த ஒற்றுமையைப் பற்றியும், அதில் என் மனசை உறுத்துகிற ஒரு விஷயத்தைப் பற்றியும் எழுதுகிறேன். கொஞ்சம் நீளம்தான். பெல் அடிப்பதற்குள் படித்துவிடலாம்!

ஒலிம்பியா திருவிழா

கிரேக்க நாட்டில் ஒலிம்பியா என்ற இடத்தில் சீயஸ் என்ற கடவுளுக்குக் கோயில் இருந்தது. நாலு வருஷத்துக்கு ஒரு தடவை அங்கே பெரிய திருவிழா நடக்கும். அந்தத் திருவிழாவில் நடந்த போட்டிகள்தான் ஒலிம்பிக். கி.மு. 776-இல் தொடங்கியதாகச் சொல்வார்கள். முதலில் ஒரே ஒரு ஓட்டப் பந்தயம்தான். தூரம் சுமார் 192 மீட்டர். முதல் வெற்றியாளர் பெயர் கொரோய்போஸ். அவர் ஒரு சமையல்காரர் என்று சொல்கிறார்கள்!

பிறகுதான் மல்யுத்தம், குத்துச்சண்டை, வட்டு எறிதல், ஈட்டி எறிதல், தேர்ப் பந்தயம் எல்லாம் சேர்ந்தன. திருவிழாவின் நடுநாளில் சீயஸுக்கு நூறு காளைகளைப் பலி கொடுப்பார்கள். ஜெயித்தவருக்குப் பரிசு என்ன தெரியுமா? ஆலிவ் இலையால் செய்த ஒரு வளையம், அவ்வளவுதான். பணமோ பதக்கமோ அங்கே கிடையாது. ஆனால் சொந்த ஊருக்குத் திரும்பினால் ராஜ மரியாதை.

இன்னொரு நல்ல வழக்கமும் இருந்தது. கிரேக்கர்கள் ஊருக்கு ஊர் சண்டை போட்டுக்கொண்டே இருந்தவர்கள். திருவிழா நெருங்கும்போது தூதுவர்கள் ஊர் ஊராகப் போய் அறிவிப்பார்கள். ஒலிம்பியாவுக்குப் போகிறவர்களையும் திரும்பி வருகிறவர்களையும் யாரும் வழியில் தொடக்கூடாது. சண்டை முழுசா நின்றுவிடவில்லை. ஆனால் எதிரி ஊர்க்காரனும் பயமில்லாமல் வந்து பக்கத்தில் நின்று ஓட முடிந்தது.

இதைப் படித்தபோது எனக்கு நம்ம ஆற்றுத் திருவிழா ஞாபகம் வந்தது. தை 5-ஆம் நாள் தென்பெண்ணை ஆற்றுக்குப் பல ஊர் சாமிகள் வரும். ஒரே ஆற்று மணலில் எல்லா சாமிக்கும் தீர்த்தவாரி. எந்த ஊர், எந்தத் தெரு என்று யாரும் கேட்பதில்லை. எல்லாரும் ஒரே கூட்டத்தில்தான் கரும்பும் பொரியும் வாங்குகிறோம். திருவிழா என்றால் அப்படித்தானே இருக்கணும்!

நம்ம தமிழ்நாட்டில்

நம்மிடமும் இது பழைய வழக்கம்தான். சங்க இலக்கியமான கலித்தொகையில் முல்லைக்கலி என்ற பகுதியில் ஏறுதழுவல் வருகிறது. ஆயர்குலத்து இளைஞன் காளையைத் தழுவி அடக்கினால்தான் பெண் கொடுப்பார்கள். அதுதான் இன்றைய ஜல்லிக்கட்டு. காளையின் கொம்பில் சல்லிக் காசு கட்டியதால் அந்தப் பேர் வந்தது என்பார்கள். மதுரைப் பக்கம் பொங்கலை ஒட்டி அவனியாபுரம், பாலமேடு, அலங்காநல்லூர் என்று வரிசையாக நடக்கும். வாடிவாசலில் முதலில் கோயில் காளையை அவிழ்த்து விடுவார்கள். அதை யாரும் பிடிக்க மாட்டார்கள். அது சாமி மாடு! அதற்குப் பிறகுதான் போட்டி. இதிலிருந்தே இது திருவிழா என்பது புரிகிறது இல்லையா?

2014 மே 7-இல் உச்ச நீதிமன்றம் ஜல்லிக்கட்டுக்குத் தடை போட்டது. 2017 ஜனவரியில் சென்னை மெரினாவில் மாணவர்கள் திரண்டு போராடினார்கள். அதே மாதம் தமிழ்நாட்டில் தனிச் சட்டம் வந்தது. அந்தச் சட்டம் செல்லும் என்று 2023 மே 18-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பு சொன்னது. கிரேக்கர்களுக்கு இந்தக் கொடுப்பினை இல்லை. கி.பி. நாலாம் நூற்றாண்டின் கடைசியில் ரோமப் பேரரசர் தியோடோசியஸ் பழைய கடவுள் வழிபாட்டையே தடை செய்தார். திருவிழா போச்சு, அதோடு விளையாட்டும் போச்சு. 1896-இல் ஏதென்ஸ் நகரத்தில்தான் மறுபடியும் ஒலிம்பிக் வந்தது.

மல்யுத்தமும் நம்மிடம் உண்டு. சோழன் போரவைக் கோப்பெருநற்கிள்ளி என்பவன் ஆமூர் மல்லனோடு மோதி ஜெயித்ததைப் புறநானூறு சொல்கிறது. நம்ம மாவட்டத்து மண்டகப்பட்டு குகைக் கோயிலைக் குடைந்த மகேந்திரவர்மப் பல்லவனின் மகன் நரசிம்மவர்மன். அவன் பட்டப்பெயர் மாமல்லன். மல்லன் என்றால் மல்யுத்த வீரன். மாமல்லபுரம் என்ற பேரும் அதனால்தான்!

அப்போ பெண்கள்?

இனிமேல்தான் என் உறுத்தல். முல்லைக்கலியில் பெண்கள் பரண் மேல் நின்று வேடிக்கை பார்க்கிறார்கள். ஒலிம்பியாவில் அதுகூட முடியாது. கல்யாணமான பெண்கள் போட்டி நேரத்தில் அந்தப் பக்கமே வரக்கூடாது. அடிமைகளும் போட்டியில் கலந்துகொள்ள முடியாது. எதிரி ஊர்க்காரனுக்கு வழி விட்டவர்கள், சொந்த வீட்டுப் பெண்ணுக்கு வழி விடவில்லை!

ஆனாலும் அந்தக் காலத்திலேயே பெண்கள் சும்மா இருக்கவில்லை. இதோ மூன்று பேர்:

1. ஒலிம்பியாவிலேயே ஹீரா என்ற பெண் தெய்வத்துக்குத் தனித் திருவிழா நடந்தது. அதில் கல்யாணமாகாத பெண்கள் வயதுவாரியாக மூன்று பிரிவாக ஓடினார்கள். ஆண்கள் ஓடும் தூரத்தில் ஆறில் ஒரு பங்கைக் குறைத்துவிட்டார்கள். அதாவது சுமார் 160 மீட்டர். தூரம் குறைந்தாலும் பரிசு அதே ஆலிவ் கிரீடம்.

2. ஸ்பார்ட்டா நாட்டு இளவரசி கினிஸ்கா. தேர்ப் பந்தயத்தில் வெற்றி தேரோட்டிக்கு இல்லை, குதிரையின் சொந்தக்காரருக்கு. அதனால் அவர் குதிரைகளை வளர்த்து அனுப்பி கி.மு. 396-இலும் 392-இலும் ஒலிம்பிக்கில் ஜெயித்தார். நம்ம ஜல்லிக்கட்டிலும் இப்படித்தான். காளையை வளர்த்து, நீச்சல் பழக்கி, வாடிவாசல் வரைக்கும் கூட்டி வருகிற பெண்கள் இருக்கிறார்கள். மாடு பிடிபடாமல் போனால் பரிசு அவர்களுக்கு.

3. நக்கண்ணையார். நான் மேலே சொன்ன சோழனின் மல்யுத்தத்தைப் பாடிய சங்ககாலப் பெண்புலவர். அவர் களத்தில் இறங்கவில்லை. ஆனால் இரண்டாயிரம் வருஷம் கழித்து நாம் அந்தச் சண்டையைத் தெரிந்துகொள்ள அவரும் ஒரு காரணம்.

புது ஒலிம்பிக்கிலும் இதே கதைதான். 1896-இல் ஒரு பெண்கூட இல்லை. 1900-இல் பாரிஸில் சில பெண்கள் வந்தார்கள். 1928-இல் பெண்களுக்கு 800 மீட்டர் ஓட்டம் வைத்தார்கள். பெண் உடம்பு தாங்காது என்று சொல்லி அதை எடுத்துவிட்டு, 1960-இல்தான் திரும்பக் கொண்டுவந்தார்கள். பெண்களுக்கான மாரத்தான் 1984-இல்தான் வந்தது. அதே 1984-இல் பி.டி. உஷா 400 மீட்டர் தடை ஓட்டத்தில் ஒரு நொடியில் நூறில் ஒரு பங்கு நேரத்தில் வெண்கலத்தைத் தவற விட்டார். 2000-இல் பளுதூக்குதலில் கர்ணம் மல்லேஸ்வரி வெண்கலம் வாங்கினார். ஒலிம்பிக் பதக்கம் வாங்கிய முதல் இந்தியப் பெண் அவர்தான். 2024 பாரா ஒலிம்பிக்கில் நம்ம காஞ்சிபுரத்து துளசிமதி பேட்மிண்டனில் வெள்ளி வாங்கினார். உடம்பு தாங்காது என்று சொன்னவர்கள் இப்போ எங்கே போனார்கள்?

இதை எங்க ஆயாகிட்ட சொன்னேன். "உடம்பு தாங்காதாமா? நெல்லுக் கட்ட தலையில வச்சிக்கினு வரப்புல ஓடுனமே, அத எந்த ஆம்பள வந்து அளந்தான்?" என்று கேட்டாங்க. அதுக்கு என்கிட்ட பதில் இல்லை.

என் வேண்டுகோள்

நிறைய ஊர்களில் பொங்கல் விளையாட்டுப் போட்டி நோட்டீஸைப் பாருங்கள். ஆண்களுக்கு ஓட்டம், கபடி, வழுக்குமரம், சைக்கிள் ரேஸ். பெண்களுக்குக் கோலப் போட்டி, இசை நாற்காலி, லெமன் ஸ்பூன். கோலம் நல்ல கலைதான், நானும் போடுவேன். ஆனால் ஓடப் பிடிக்கிற பெண் என்ன செய்வாள்? திருநெல்வேலி மாவட்டம் வடலிவிளையில் பொங்கலுக்கு இளவட்டக்கல் தூக்கும் போட்டி நடக்கிறது. அங்கே பெண்களும் தூக்குகிறார்கள். அங்கே முடிந்தால் இங்கேயும் முடியும்.

பெரிய செலவு எதுவும் வேண்டாம். தெருவில் சுண்ணாம்பால் இரண்டு கோடு, ஒரு விசில், ஒரு எவர்சில்வர் கிண்ணம் போதும். அடுத்த பொங்கலுக்கு நோட்டீஸ் அடிக்கும் அண்ணன்களே, "பெண்களுக்கு 100 மீட்டர் ஓட்டம்" என்று ஒரு வரி சேருங்கள். தூரத்தைக் குறைக்க வேண்டாம். பேர் கொடுக்க ஆள் வருமா என்று சந்தேகம் வேண்டாம். முதல் பேர் என்னுடையது. இதைப் படிக்கிற தோழிகளே, இரண்டாவது பேர் யாருடையது?

மூளைக்கு வேலை (விடை மேலேயே இருக்கு!)
1. முதல் ஒலிம்பிக்கில் எத்தனை போட்டி?
2. குதிரை வளர்த்து ஜெயித்த இளவரசி யார்?
3. வாடிவாசலில் யாரும் பிடிக்காத காளை எது?

– 9-ஆம் வகுப்பு மாணவி, கெடார்