தாத்தாவின் பட்டம் வந்த வீடு! சேப்பாக்கத்தில் பூட்டிக் கிடந்த கதவு

அச்சன்புதூர், கடையநல்லூர், தென்காசிப் பக்கம் சில வீடுகளில் பழைய டிரங்குப் பெட்டியைத் திறந்தால் தாத்தாவின் பி.ஏ. பட்டம் கிடைக்கும். படித்தது நெல்லையிலோ பாளையங்கோட்டையிலோ இருக்கும். பட்டம் கொடுத்ததோ சென்னைப் பல்கலைக்கழகம்!

1966-ல் மதுரைப் பல்கலைக்கழகம் வரும்வரை நம்ம ஜில்லா காலேஜ்களுக்கு எல்லாம் சென்னைதான். 1990-ல் நெல்லைக்கே மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகம் வந்துவிட்டது. தென்காசி ரோட்டில் அபிஷேகப்பட்டி. பஸ் ஏறினால் ஆச்சு!

தாத்தா காலத்துப் பட்டங்களின் தாய்வீடு, சென்னை மெரினா கடற்கரை எதிரே நிற்கும் செனட் மாளிகை. பட்டமளிப்பு விழாக்கள் நடந்த கூடம் அது.

10 வருஷம் தூங்கிய பிளான்

பல்கலைக்கழகம் பிறந்தது 1857-ல். கட்டடத்துக்கு பிளான் போட்டவர் சிசம் துரை. போட்டியில் அவர் ஜெயித்தது 1864-ல். வேலை தொடங்கியதோ 1874-ல்! முடிந்தது 1879-ல். சர்க்கார் பைல் அப்போதும் அப்படித்தான் நகர்ந்திருக்கிறது.

நாலு மூலையிலும் கோபுரம். மேலே கும்மட்டம். உள்ளே வண்ணக் கண்ணாடி ஜன்னல். நம்ம ஊர் பாணியும் முகமதிய பாணியும் கலந்த வேலை. "இது என்ன அண்ணாச்சி, மசூதியா, அரண்மனையா?" என்று புதுசாக வருகிறவர்கள் கேட்பது இதனால்தான்.

1937 ஜூலையில் ராஜாஜி மந்திரிசபை வந்ததும் சட்டசபை கூடியதும் இங்கேதான்.

சுண்டலும் சர்டிபிகேட்டும்

வெளியே வாலாஜா ரோட்டில் ஓயாத பஸ். சேப்பாக்கத்தில் மேட்ச் என்றால் கால் வைக்க இடமில்லை. சாயந்திரம் பீச்சுக்குப் போகும் குடும்பங்கள், சுண்டல்காரர்கள். பக்கத்து ஆபீஸ்களில் மார்க் ஷீட்டுக்கும் சர்டிபிகேட்டுக்கும் நடையாய் நடக்கும் பிள்ளைகள். நடுவில் இந்த மாளிகை.

150-வது ஆண்டு விழாவை ஒட்டி 2006 வாக்கில் பழுது பார்த்துப் பளபளப்பாக்கினார்கள். அப்புறமும் விசேஷ நாள் தவிர கதவு பூட்டியே கிடந்தது என்று பத்திரிகைகளில் குறை வந்தது. இத்தனை செலவு செய்து அழகாக்கியது வவ்வாலுக்கா?

ஒன்று சொல்ல வேண்டும். இதே 1857-ல் பிறந்த கல்கத்தா பல்கலைக்கழகத்துக்கும் ஒரு செனட் மாளிகை இருந்தது. 1960-ல் இடித்துவிட்டார்கள். நம்முடையது தப்பி நிற்கிறது. அதுவரை சந்தோஷம்தான்.

பொதிகை எக்ஸ்பிரஸில் சென்னை போகிறவர்கள் பீச் ரோட்டில் நின்றே கோபுரங்களைப் பார்க்கலாம். உள்ளே பார்க்க ஆசைப்பட்டால், தாத்தா பட்டத்தைக் காட்டினாலும் வாட்ச்மேன் விடுவாரா என்பது அவர் மனசு!