எமுலேட்டரில் கேம் லைப்ரரி அமைப்பது எப்படி? பரணில் கிடக்கும் பிஎஸ்2 டிஸ்க்குகளை இப்போதே ஏன் எடுக்க வேண்டும்?

"ஆப்பை இன்ஸ்டால் பண்ணியாச்சு. ஆனா உள்ளே ஒரு கேம்கூட இல்லையே?" எமுலேட்டரை முதல்முறை திறக்கும் பலருக்கும் வரும் சந்தேகம் இது. யூடியூப் வீடியோவில் நூறு கேம்களின் அட்டைப்படங்கள் வரிசையாக நிற்கும். நம்ம ஸ்கிரீனிலோ ஒரு பட்டன் மட்டும்தான் இருக்கும்.

ஓசூர் சிப்காட்டிலும் கிருஷ்ணகிரி பக்கத்து ஆலைகளிலும் ஷிஃப்ட் பார்க்கும் இளைஞர்களில் பலர் பிளேஸ்டேஷன் 2 காலத்தில் பள்ளிக்கூடம் போனவர்கள். கன்சோலும் டிஸ்க்கும் சொந்த ஊர் வீட்டுப் பரணில் இருக்கும். இங்கே ரூமில் இருப்பது ஒரு லேப்டாப், ஒரு ஃபோன். அந்த டிஸ்க்கை இந்த லேப்டாப்பில் ஓட வைப்பதுதான் எமுலேட்டரின் வேலை. அதை முறையாகச் செய்வது எப்படி? சட்டம் என்ன சொல்கிறது? பார்ப்போம்.

எமுலேட்டர் ஏன் காலியாக வருகிறது?

எமுலேட்டர் என்பது ஒரு கன்சோலைப் போலவே நடந்துகொள்ளும் சாஃப்ட்வேர். கடையில் வாங்கும் டிவிடி பிளேயரோடு படம் சேர்ந்து வராது அல்லவா? அதே கதைதான் இங்கேயும். கேம் ஃபைலை நாம்தான் கொடுக்க வேண்டும். கேசட்டிலிருந்து எடுத்த ஃபைலை 'ரோம்' என்றும், டிஸ்க்கிலிருந்து எடுத்ததை 'ஐஎஸ்ஓ' என்றும் பொதுவாகச் சொல்கிறார்கள்.

சில கன்சோல்களுக்கு 'பயாஸ்' என்ற இன்னொரு ஃபைலும் தேவை. கன்சோலை ஆன் செய்ததும் முதலில் ஓடும் அடிப்படை புரோகிராம் அது. பிஎஸ்2-வின் பயாஸ் வெறும் 4 எம்பி. ஆனால் அதன் காப்புரிமை சோனியுடையது. அதனால்தான் நேர்மையான எமுலேட்டர் எதுவும் அதைச் சேர்த்துக் கொடுப்பதில்லை.

எந்த கன்சோலுக்கு எந்த ஆப்?

பிஎஸ்2-வுக்கு லேப்டாப்பில் பிசிஎஸ்எக்ஸ்2. 2002 முதல் வெளிவரும் இலவச ஓப்பன் சோர்ஸ் சாஃப்ட்வேர் இது. லேப்டாப்பில் 8 ஜிபி ரேம் இருப்பது நல்லது. பிஎஸ்1-க்கு டக்ஸ்டேஷன். பிஎஸ்பி-க்கு 2012-ல் வந்த பிபிஎஸ்எஸ்பிபி. இது சாதாரண ஆண்ட்ராய்டு ஃபோனிலேயே ஓடும், பயாஸும் வேண்டாம். பழைய கேசட் கன்சோல்கள் பலவற்றையும் ஒரே இடத்தில் ஓட்ட ரெட்ரோஆர்ச்.

ஐஃபோன்காரர்களுக்கு நீண்ட நாள் இந்த வசதி இல்லை. 2024 ஏப்ரலில்தான் ஆப்பிள் தன் ஆப் ஸ்டோரில் பழைய கேம் எமுலேட்டர்களை அனுமதித்தது. டெல்டா வந்தது அப்படித்தான். அடுத்த மாதமே ரெட்ரோஆர்ச், பிபிஎஸ்எஸ்பிபி இரண்டும் வந்தன.

முதல் வேலை: டிஸ்க்கை ஃபைலாக மாற்றுவது

பிஎஸ்1, பிஎஸ்2 டிஸ்க்குகளைச் சாதாரண கம்ப்யூட்டர் டிவிடி டிரைவே படித்துவிடும். புது லேப்டாப்களில் டிரைவ் இருக்காது. யுஎஸ்பி-யில் மாட்டும் டிரைவ் ஒன்று வேண்டும். ஆன்லைனில் கிடைக்கும். அத்திப்பள்ளியைத் தாண்டி பெங்களூரு எஸ்.பி. ரோடு வரை போக முடிந்தால் கடையிலும் தேடலாம்.

டிஸ்க்கை மெல்லிய துணியால் நடுவிலிருந்து விளிம்பு நோக்கி நேர்க்கோட்டில் துடையுங்கள். வட்டமாகத் தேய்க்காதீர்கள். பிறகு இம்ஜ்பர்ன் போன்ற இலவச சாஃப்ட்வேரில் 'டிஸ்க்கிலிருந்து இமேஜ் ஃபைல்' என்பதைத் தேர்ந்தெடுத்தால் போதும். வெள்ளி நிற பிஎஸ்2 டிஸ்க் டிவிடி வகை; அது ஐஎஸ்ஓ ஃபைலாக வரும். பின்பக்கம் நீலமாக இருப்பது சிடி வகை. அதை 'பின்', 'க்யூ' என இரண்டு ஃபைலாக எடுக்க வேண்டும். இரண்டும் ஒரே ஃபோல்டரில் இருப்பது முக்கியம்.

பயாஸை உங்கள் சொந்த கன்சோலிலிருந்தே எடுக்க முடியும். ஃப்ரீ எம்சிபூட் போட்ட மெமரி கார்டு, ஒரு பென் டிரைவ், பயாஸ்டிரெய்ன் என்ற சின்ன புரோகிராம் இருந்தால் போதும். கடைசியாக வந்த சில ஸ்லிம் மாடல்களில் மட்டும் ஃப்ரீ எம்சிபூட் வேலை செய்யாது.

லைப்ரரி அமைப்பது: படிப்படியாக

1. ஃபோல்டர்: 'கேம்ஸ்' என்று ஒரு தாய் ஃபோல்டர். அதற்குள் பிஎஸ்1, பிஎஸ்2, பிஎஸ்பி என்று கன்சோலுக்கு ஒன்று. பயாஸுக்கும் சேவ் ஃபைல்களுக்கும் தனித்தனி ஃபோல்டர். எல்லாவற்றையும் டவுன்லோட்ஸ் ஃபோல்டரில் கொட்டி வைப்பதால்தான் பாதிப் பிரச்சினை வருகிறது.

2. பெயர்: கேமின் பெயர், நாடு, டிஸ்க் எண் என்ற வரிசையில் வையுங்கள். ஆறு மாதம் கழித்துப் பார்த்தாலும் எது என்னவென்று புரியும்.

3. அளவு: ஒற்றை அடுக்கு பிஎஸ்2 டிவிடி 4.7 ஜிபி வரை போகும். சிஎச்டிமேன் என்ற இலவசக் கருவியால் அதை 'சிஎச்டி' ஃபைலாகச் சுருக்கலாம். கேமின் தரம் குறையாது, எமுலேட்டர் நேரடியாகவே படிக்கும். பழைய சூப்பர் மாரியோவுக்கு இந்தக் கவலையே இல்லை. அதன் மொத்த அளவே 40 கேபி. காலையில் வாட்ஸ்அப்பில் வரும் குட் மார்னிங் படத்தைவிடச் சின்னது.

4. பல டிஸ்க் கேம்கள்: ஃபைனல் ஃபேன்டசி 7 பிஎஸ்1-ல் மூன்று டிஸ்க். நோட்பேடில் மூன்று ஃபைல்களின் பெயரையும் வரிக்கு ஒன்றாக எழுதி, 'எம்3யு' என்ற எக்ஸ்டென்ஷனில் சேவ் செய்யுங்கள். லைப்ரரியில் மூன்றும் ஒரே கேமாகத் தெரியும்.

5. ஸ்கேன்: பிசிஎஸ்எக்ஸ்2-வில் செட்டிங்ஸ் போய், கேம் லிஸ்ட் பகுதியில் ஃபோல்டரைச் சேர்த்தால் வேலை முடிந்தது. டிஸ்க்குக்குள் இருக்கும் சீரியல் எண்ணை வைத்து அதுவே கேமைக் கண்டுபிடித்துவிடும். ரெட்ரோஆர்ச்சில் 'இம்போர்ட் கன்டென்ட்', பிறகு 'ஸ்கேன் டைரக்டரி'. சில கேம்கள் லிஸ்ட்டில் வரவில்லையா? அதன் டேட்டாபேஸில் அந்த ஃபைல் பொருந்தவில்லை என்று அர்த்தம். 'மேனுவல் ஸ்கேன்' கொடுங்கள்.

6. அட்டைப்படம்: ரெட்ரோஆர்ச்சின் 'ஆன்லைன் அப்டேட்டர்' பகுதியில் தம்ப்நெயில்களை இறக்கிக்கொள்ளலாம். வைஃபை இருக்கும்போது செய்வது நல்லது.

7. சேவ்: எமுலேட்டரின் 'சேவ் ஸ்டேட்' வசதி விளையாட்டை நடுவிலேயே நிறுத்தி வைக்க உதவும். ஆனால் ஆப் அப்டேட் ஆனதும் பழைய சேவ் ஸ்டேட் திறக்காமல் போகலாம். அதனால் கேமுக்குள்ளேயே இருக்கும் மெமரி கார்டு சேவையும் பயன்படுத்துங்கள். அந்த ஃபைலுக்கு ஒரு காப்பி வேறு இடத்தில் இருக்கட்டும்.

சட்டம் என்ன சொல்கிறது?

எமுலேட்டர் சாஃப்ட்வேரைப் பொறுத்தவரை, 2000-ம் ஆண்டு சோனி - கனெக்டிக்ஸ் வழக்கில் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் எமுலேட்டர் நிறுவனத்தின் பக்கம் தீர்ப்பு சொன்னது. ஆனால் எதற்கும் ஓர் எல்லை உண்டு. நின்டென்டோ ஸ்விட்ச் எமுலேட்டரான யூஸு 2024 மார்ச்சில் 24 லட்சம் டாலர் கொடுக்க ஒப்புக்கொண்டு கடையை மூடியது.

இந்தியாவில் 1957-ம் ஆண்டு காப்புரிமைச் சட்டம்தான் அடிப்படை. மத்திய சட்டம் என்பதால் ஓசூருக்கும் பெங்களூருவுக்கும் ஒரே விதிதான். பிரிவு 52(1)(ஏஏ)-ன்படி, ஒரு கம்ப்யூட்டர் புரோகிராமின் பிரதியைச் சட்டப்படி வைத்திருப்பவர், இழப்போ சேதமோ வந்தால் சமாளிக்க பேக்கப் எடுத்துக்கொள்ளலாம். அதே நோக்கத்துக்குப் பயன்படுத்த வேண்டும் என்ற நிபந்தனையும் இருக்கிறது. கன்சோலுக்காக விற்ற கேமை லேப்டாப்பில் ஓட்டுவது அந்த நோக்கத்துக்குள் வருமா என்பதில் வாதத்துக்கு இடம் உண்டு.

வாதத்துக்கே இடமில்லாத விஷயம், இணையத்தில் யாரோ ஏற்றிய ஃபைலை இறக்குவது. "அதே டிஸ்க் என்கிட்ட இருக்கே" என்பது அதற்கு லைசென்ஸ் ஆகாது. பஜாரில் ஐம்பது ரூபாய்க்கு வாங்கிய ரைட் செய்த டிஸ்க்கும் சட்டப்படியான பிரதி கிடையாது. திருட்டுப் பிரதி என்று தெரிந்தே கம்ப்யூட்டரில் பயன்படுத்தினால் பிரிவு 63பி-யின் கீழ் 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறை, 50 ஆயிரம் முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதம். லாப நோக்கம் இல்லையென்றால் நீதிமன்றம் சிறையைத் தவிர்த்து 50 ஆயிரம் வரை அபராதம் மட்டும் விதிக்கலாம்.

பாதுகாப்புக்கும் ஒரு விதி: கேம் ஃபைல் என்ற பெயரில் 'இஎக்ஸ்இ' அல்லது 'ஏபிகே' இறங்கினால் திறக்கவே திறக்காதீர்கள். கன்சோல் கேம் அந்த வடிவத்தில் வராது.

இந்தியாவில் மட்டும் வந்த கேம்கள்: என்ன அவசரம்?

அமெரிக்காவின் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-ல் ஓர் ஆய்வை வெளியிட்டது. 2010-க்கு முன் அமெரிக்காவில் வந்த கேம்களில் 87 சதவீதம் இன்று கடையில் விற்பனைக்கு இல்லை என்றது அது. அங்கேயே அந்த நிலைமை என்றால் நம் ஊர் கேம்கள்?

பிஎஸ்2 இந்தியாவில் தாமதமாகப் பரவி, நீண்ட நாள் ஓடிய கன்சோல். மற்ற நாடுகள் பிஎஸ்3-க்கு மாறிய பிறகும் இங்கே அதற்காகவே கேம்கள் உருவாயின. ஹைதராபாத்தின் அரோனா டெக்னாலஜீஸ் உருவாக்கிய 'ஹனுமான்: பாய் வாரியர்' 2009-ல் வந்தது. முழுக்க இந்தியாவிலேயே உருவான பிஎஸ்2 கேம் என்று பேசப்பட்டது. கடவுளை ஜாய்ஸ்டிக்கால் ஆட்டுவதா என்று எதிர்ப்பும் கிளம்பியது. அதே ஆண்டில் கபடி, கிட்டிப்புள் போன்ற விளையாட்டுகளோடு 'தேசி அட்டா' வந்தது. பிறகு 'ஸ்ட்ரீட் கிரிக்கெட் சாம்பியன்ஸ்', 2011-ல் 'ரா.ஒன்'. பிஎஸ்2 உற்பத்தியே நின்றுபோன 2013-ல்கூட 'டான் 2' வெளியானது.

இந்த பிஎஸ்2 கேம்களை இன்றைய பிளேஸ்டேஷன் 5-ல் காசு கொடுத்து வாங்க வழியில்லை. பழைய டிஸ்க்குகள்தான் மிச்சம். அவை கீறலிலும் ஈரத்திலும் பரண் வெயிலிலும் ஒவ்வொன்றாகப் படிக்க முடியாமல் போகின்றன. ஆக்குக்காரரிடம் எடைக்குப் போனவை தனிக்கணக்கு.

இங்கே சாதாரண ஆள் செய்யக்கூடிய, சட்டச் சிக்கல் இல்லாத ஒரு வேலை இருக்கிறது. 'ரீடம்ப்' என்ற தன்னார்வ டேட்டாபேஸ் கேமைச் சேமிப்பதில்லை. டிஸ்க்கின் சீரியல் எண், அதன் ஃபைலுக்கான ஹாஷ் என்ற கைரேகை போன்ற எண் ஆகியவற்றை மட்டும் பதிவு செய்கிறது. பிசிஎஸ்எக்ஸ்2-வில் கேமின் ப்ராப்பர்ட்டீஸ் போய் 'வெரிஃபை' கொடுத்தால், நீங்கள் எடுத்த பிரதி அந்தப் பதிவோடு ஒத்துப்போகிறதா என்று சொல்லிவிடும். ஒத்துப்போனால் உங்கள் காப்பி பழுதில்லாதது. பதிவே இல்லையென்றால், அந்த டிஸ்க்கின் விவரம் இன்னும் அங்கே போய்ச் சேராமல் இருக்கலாம்.

அடுத்த முறை ஊருக்குப் போகும்போது

பொங்கலுக்கோ தீபாவளிக்கோ ஊருக்குப் போகும்போது பரணில் இருக்கும் பெட்டியை இறக்குங்கள். ஒரிஜினல் டிஸ்க், கன்சோல், மெமரி கார்டு மூன்றையும் எடுத்துக்கொள்ளுங்கள். இந்தியாவில் மட்டும் வந்த டிஸ்க் இருந்தால் அதிலிருந்து ஆரம்பியுங்கள். மற்ற கேம்களின் பிரதி உலகில் எங்காவது இருக்கும். ஃபைல் எடுத்த பிறகு டிஸ்க்கைத் தூக்கிப் போடாதீர்கள். உங்கள் பேக்கப் சட்டப்படியானது என்று காட்ட உங்களிடம் இருக்கும் ஒரே சாட்சி அந்த டிஸ்க்தான்.

அதுவரை கை பரபரத்தால், பிபிஎஸ்எஸ்பிபி ஆப்புக்குள்ளேயே 'ஹோம்ப்ரூ' பகுதி இருக்கிறது. ரசிகர்கள் தாங்களே உருவாக்கி இலவசமாகக் கொடுத்த கேம்கள் அதில் உண்டு. லைப்ரரி அமைத்துப் பழக அதுவே போதும்.