வாரியம்: ஒரு சொல்லும் அதன் பொறுப்பும்

'வாரியம்' என்னும் சொல்லை இன்று அறியாத தமிழர் இல்லை. மின்சார வாரியம், வீட்டு வசதி வாரியம், குடிநீர் வாரியம் என்று நாள்தோறும் அது நமது நாவில் வழங்குகிறது. விளக்கு அணைந்தால் வாரியத்தை வைகிறோம்; குழாயில் நீர் வராவிடின் வாரியத்துக்கு மனு எழுதுகிறோம். ஆனால் நமது பாட்டனார் காலத்தில் இச்சொல் இவ்விதம் வழங்கியதில்லை. அக்காலத்தில் எல்லாம் 'போர்டு' மயம். ஜில்லா போர்டு, தாலூகா போர்டு, ரெவினியூ போர்டு என்றே பத்திரிகைகளும் எழுதின, ஜனங்களும் பேசினர். 'வாரியம்' என்பதோ கல்லெழுத்துப் படிக்கும் சில பண்டிதர்கள் மாத்திரம் அறிந்த அரிய சொல்லாகக் கோயிற்சுவர்களில் உறங்கிக் கிடந்தது.

உறங்கிய சொல் எழுந்து வந்தது நமக்குப் பெருமையே. எனினும், எழுந்து வந்தபோது அது தன் பொருள் முழுவதையும் உடன் கொண்டுவந்ததா, அல்லது பாதிப் பொருளைச் சுவரிலேயே விட்டுவிட்டு வந்ததா என்று விசாரிப்பது, சுயராஜ்யத்தை ஆள வேண்டியவர்களாகிய நமது கடமை.

காஞ்சீபுரத்துக்குத் தெற்கே உத்திரமேரூர் என்னும் ஊர் இருக்கிறது. அங்குள்ள வைகுண்டப் பெருமாள் கோயிற்சுவரில் முதற் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள் இரண்டு உள்ளன. ஒன்று அவ்வரசனது 12-ஆம் ஆட்சியாண்டிலும், மற்றொன்று 14-ஆம் ஆட்சியாண்டிலும் வெட்டப்பட்டவை, அதாவது கி.பி. 919, 921 ஆகிய வருஷங்களைச் சேர்ந்தவை. 1898-ஆம் வருஷத்தில் சாசன இலாகாவினர் அவற்றைப் படியெடுத்தனர். வெங்கையா என்னும் பேரறிஞர் அவற்றை வாசித்துப் பொருள் கண்டு, 1904-05-ஆம் வருஷத்துத் தொல்பொருள் இலாகா அறிக்கையில் வெளியிட்டார். பின்னர் நீலகண்ட சாஸ்திரியார் அவற்றை விரிவாக ஆராய்ந்தார். இவ்விருவரின் உழைப்பினாலேயே 'வாரியம்' என்ற சொல் நமது சரித்திர நூல்களில் ஏறி, அங்கிருந்து சர்க்கார் கச்சேரிகளின் பெயர்ப்பலகைகளில் அமர்ந்தது.

இச்சொல் எங்கிருந்து பிறந்தது என்பதில் அறிஞர்களுக்குள் அபிப்பிராய பேதம் உண்டு. தேர்ந்தெடுத்தல் என்னும் பொருளுள்ள வடமொழித் தாதுவினின்று வந்தது என்பர் ஒரு சாரார். வருவாய் என்று பொருள்படும் 'வாரி' என்ற சொல்லோடு இதனைச் சேர்ப்பர் மற்றொரு சாரார். மலையாளத்தில் கோயிற்பணி புரியும் வாரியர்களின் வீட்டுக்கு 'வாரியம்' என்றே பெயர். வேர் எதுவாயினும், ஒரு சொல்லின் பொருளை நிர்ணயிக்க வேர் மாத்திரம் போதாது, வழக்கே பிரமாணம். ஆகவே அச்சொல்லை நம் முன்னோர் எவ்விதம் ஆண்டனர் என்பதைப் பார்ப்போம்.

இங்கே கவனிக்கத் தக்கது ஒன்று உண்டு. இன்று நாம் 'வாரியத்துக்குப் போனேன்' என்கிறோம். 'வாரியம் கட்டணத்தை உயர்த்தியது' என்கிறோம். நமக்கு வாரியம் என்பது ஒரு கட்டிடம். அல்லது முகமறியாத ஓர் அதிகாரம். கல்வெட்டிலோ 'வாரியம் செய்தல்' என்பதே பெருவழக்கு. விவசாயம் செய்தல், தவம் செய்தல் என்பது போல, வாரியம் என்பது மனிதன் செய்யும் ஒரு காரியம். ஊராருக்காக ஒருவன் ஏற்று, குறித்த காலம் செய்து, முடிவில் கணக்கொப்பித்து இறங்கும் பணிக்கே வாரியம் என்று பெயர். அதைச் செய்தவர்களை 'வாரியப் பெருமக்கள்' என்றனர். பெருமை செய்பவருக்கு உரியதேயன்றி நாற்காலிக்கு உரியதன்று.

உத்திரமேரூர்ச் சபையார் வகுத்த வாரியங்களாவன: சம்வத்சர வாரியம், தோட்ட வாரியம், ஏரி வாரியம், பொன் வாரியம், பஞ்சவார வாரியம். சம்வத்சர வாரியத்துக்கும் தோட்ட வாரியத்துக்கும் தனித்தனியே 12 பேர். ஏனைய மூன்றுக்கும் அறுவர் அறுவர். ஏரியைக் காப்பது ஒரு வாரியம். பொன்னின் மாற்றைச் சோதிப்பது ஒரு வாரியம். எல்லா வாரியங்களுக்கும் தவணை 360 நாட்கள். அதற்கு மேல் ஒரு நாளும் இல்லை. இடையிலே குற்றம் செய்தவன் அப்பொழுதே விலக்கப்படுவான்.

ஊர் 30 குடும்புகளாகப் பிரிக்கப்பட்டிருந்தது. குடும்பு என்பதை இக்காலத்து வார்டு எனலாம். 921-ஆம் வருஷத்து விதியின்படி, வாரியத்துக்கு உரியவன் 35 வயதுக்கு மேற்பட்டு 70 வயதுக்கு உட்பட்டவனாக இருத்தல் வேண்டும்; இறை செலுத்தும் நிலம் கால் வேலிக்கு மேல் உடையவனாய், தன் மனையிலே வீடு கட்டிக்கொண்டு வாழ்பவனாய், வேதப் பயிற்சி உள்ளவனாய் இருத்தல் வேண்டும். கல்வியில் மிக்கவனுக்கு அரைக்கால் வேலியே போதும். முந்திய மூன்று வருஷங்களுக்குள் வாரியம் செய்தவன் மீண்டும் வருதற்கில்லை.

இவற்றினும் கடுமையான விதி ஒன்று உண்டு. எவ்வகை வாரியமேனும் செய்து கணக்குக் காட்டாது இருந்தவனுடைய பெயரைக் குடவோலைக்கு எழுதலாகாது. அவன் பெயரை மாத்திரமா? அவன் மகன், தகப்பன், உடன்பிறந்தான், சிற்றன்னை பெரியன்னை மக்கள், அத்தை மக்கள், மாமன் மக்கள், பெண் கொடுத்த மாமன், மனைவியோடு உடன்பிறந்தான், சகோதரியை மணந்தான், மருமகன் எல்லோருக்கும் கதவு அடைக்கப்பட்டது. சட்டம் வரைவோர் அறிவர்: இவ்வளவு நீண்ட ஜாபிதா வீணாக எழுதப்படுவதில்லை. தானே வர முடியாதவன் மைத்துனனை முன்னிறுத்திப் பின்னின்று ஆளுவான் என்பதை அக்காலத்தார் நன்றாக அறிந்திருந்தனர். 'பினாமி' என்ற சொல் நம் ஊருக்கு வருமுன்பே அதன் வித்தை வந்திருக்கிறது!

கணக்கெழுதுவோனுக்கும் விதி இருந்தது. நேர்மையாய்ப் பொருளீட்டியவனே கணக்கெழுதலாம். தான் எழுதிய கணக்கைத் தானே கொண்டுவந்து காட்ட வேண்டும். வேறொருவன் புகுந்து அதை முடித்துக் கொடுத்தலாகாது. அவன் சுத்தன் என்று பெரியோர் ஒப்பிய பின்னரே மறுபடியும் அப்பணிக்கு உரியவனாவான்.

தேர்தல் நடந்த விதமும் ஊர் முழுவதும் அறிந்ததே. பெயர் எழுதிய ஓலைகளைக் குடத்தில் இட்டு, சபையார் அனைவரும் கூடியிருக்க, பெரியவர் ஒருவர் அக்குடத்தை எல்லோரும் காணத் தூக்கிப் பிடிப்பார். உள்ளே இருப்பது இன்னதென்றறியாத சிறுபிள்ளை ஓலையை எடுப்பான். அதை வாங்கும் மத்தியஸ்தன் ஐந்து விரலையும் அகல விரித்து உள்ளங்கையில் ஏற்க வேண்டும். விரித்த கையில் ஒன்றையும் ஒளிக்க முடியாதன்றோ? பின்பு அவன் வாசிப்பான். மற்றப் பெரியோரும் அதையே வாசிப்பர்.

இதைச் சொல்லும்போது உண்மையை மறைத்தல் கூடாது. உத்திரமேரூர் ஒரு பிரமதேயம். அதாவது பிராமணர்களுக்கு விடப்பட்ட ஊர். நிலமும் வேதமும் உடைய ஆடவர்களுக்கே அங்கே இடம் இருந்தது. ஏரி நீரைப் பாய்ச்சி உழுத குடியானவனுக்கும், நாற்று நட்ட பெண்ணுக்கும், சேரியிலே ஒதுக்கப்பட்டவனுக்கும் அக்குடத்தில் ஓலை இல்லை. அங்கே நடந்தது திருவுளச் சீட்டேயன்றிப் பெரும்பான்மை வாக்கன்று. ஆகவே உலகத்து ஜனநாயகம் முழுவதும் அங்கே பிறந்ததென்று மேடைதோறும் முழங்குவது சரித்திரமாகாது. வயது வந்தோர் அனைவருக்கும் வாக்கு என்ற நமது குடியரசின் விதி அதனினும் மிக உயர்ந்தது. நாம் அவர்களிடம் கற்க வேண்டுவது யார் ஆளுவது என்பதையன்று. ஆளுபவனை எவ்விதம் கட்டுப்படுத்துவது என்பதையே.

அரசியல் நிர்ணய சபையில் 1948 நவம்பர் 22-ஆம் தேதி, கிராமப் பஞ்சாயத்துகளை அமைப்பது சர்க்காரின் கடமை என்ற திருத்தத்தைச் சந்தானம் கொண்டுவந்தபோது, ஆந்திர கேசரி பிரகாசம் எழுந்து இந்த உத்திரமேரூரை எடுத்துக் காட்டினார். அத்திருத்தமே நமது அரசியல் சட்டத்தின் 40-ஆவது ஷரத்தாயிற்று. ஆயினும் அது செயலுக்கு வர வெகுகாலம் சென்றது. 73-ஆவது திருத்தம் 1993 ஏப்ரல் 24-ஆம் தேதி அமலுக்கு வந்த பிறகே பஞ்சாயத்துகளுக்கு அரசியல் சட்டத்தில் உறுதியான இடம் கிடைத்தது. தமிழ்நாட்டில் 1994-ஆம் வருஷத்துச் சட்டம் கிராம சபைக்கு உயிர் கொடுத்தது. 2016-இல் பெண்களுக்குப் பாதி இடம் என்ற விதியும் வந்தது.

சொல்லும் இதற்குள் திரும்பி வந்துவிட்டது. 1957 ஜூலை 1-இல் தோன்றிய மின்சார வாரியம் 2010-இல் கம்பெனிகளாகப் பிரிந்த பின்பும், ஜனங்கள் அதை வாரியம் என்றே அழைக்கின்றனர். ஆனால் 'வாரியம்' வந்ததேயன்றி 'வாரியம் செய்தல்' வரவில்லை. பெயரை எடுத்துக்கொண்டோம், தவணையை, கணக்கை, விரித்த கையை விட்டுவிட்டோம். தேர்தல் செலவுக் கணக்குக் காட்டாத வேட்பாளரை மூன்று வருஷம் விலக்கி வைக்க 1951-ஆம் வருஷத்துச் சட்டம் இடம் தருகிறது. அவ்விலக்கு அவனோடு நின்றுவிடும். அவன் மைத்துனன் மறுநாளே நிற்கலாம். தகப்பன் பிழைக்கு மகனைத் தண்டிப்பது இக்கால நீதிக்கு ஒவ்வாது என்பது மெய்யே. ஆனால் பின்னின்று ஆளும் கள்ளத்தனத்தைத் தடுக்க நாம் வேறு என்ன வழி கண்டோம்? பல ஊர்களில் தலைவியாகத் தேர்ந்தெடுக்கப்பட்டவள் வீட்டிலிருக்க, அவள் கணவன் நாற்காலியில் அமர்கிறான். அவள் பெயரில் வாரியம் செய்பவன் யார்? கணக்குக் கேட்டால் காட்டுபவன் யார்?

இதற்குப் பரிகாரம் புதிய சட்டத்தில் மாத்திரம் இல்லை. பாண்டிய நாட்டு மானூரில், கி.பி. 800-ஐ ஒட்டிய ஒரு கல்வெட்டு இருக்கிறது. சபையில் கொண்டுவரும் காரியம் ஒவ்வொன்றுக்கும் 'அன்று, அன்று' என்று வீணே தடை சொல்வோனுக்கு ஐந்து காசு தண்டம் என்று அவ்வூரார் விதித்தனர். வீண் தடைக்கு அவர்கள் தண்டம் விதித்தனர். நாமோ வீண் மௌனத்துக்குத் தண்டம் கட்டிக்கொண்டிருக்கிறோம். ஏரி தூர்ந்தால் மௌனம். வாய்க்கால் அடைபட்டால் மௌனம். பஞ்சாயத்துப் பணம் போன வழி தெரியாவிடினும் மௌனம்.

2022 முதல் தமிழ்நாட்டில் கிராம சபை வருஷத்துக்கு 6 முறை கூட வேண்டுமென விதிக்கப்பட்டிருக்கிறது: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்டு 15, அக்டோபர் 2, நவம்பர் 1. அந்நாட்களில் வரவு செலவுக் கணக்கை ஜனங்கள் முன் வைக்க வேண்டும். அரசியலில் உழைக்கும் அன்பர்களை நாம் வேண்டுவது இதுவே: கொடியேற்றி மிட்டாய் வாங்கிக்கொண்டு கலைந்து செல்லாதீர்கள். கையெழுத்துப் புஸ்தகத்தில் பெயரிட்டதும் கடமை தீர்ந்ததென்று எண்ணாதீர்கள். உட்கார்ந்து கணக்கைக் கேளுங்கள்; உரக்க வாசிக்கச் சொல்லுங்கள்; வாசித்ததை மற்றொருவரும் வாசிக்கட்டும். ஓலையை ஏற்ற மத்தியஸ்தனைப் போல, ஊர்ப்பணத்தை ஏற்றவன் ஐந்து விரலையும் விரித்துக் காட்டட்டும்.

அன்றைக்கே 'வாரியம்' என்னும் சொல் கோயிற்சுவரிலிருந்து உண்மையாக இறங்கி வந்ததாகும்.