மாலை போட்டால் முடிகிறது, கழற்றினால் ஏன் முடிவதில்லை?

கார்த்திகையில் நடக்கும் மாற்றம்

கார்த்திகை முதல் தேதியில் சபரிமலைக்கு மாலை போட்டுக்கொள்ளும் ஆண்களில் கணிசமானவர்கள் முந்தைய நாள்வரை குடித்தவர்கள், புகைத்தவர்கள், கறி மீன் இல்லாமல் சோறு இறங்காதவர்கள். மாலை கழுத்தில் ஏறியதும் 41 நாள் எல்லாம் நின்றுவிடுகிறது. விடியுமுன் எழுந்து பச்சைத் தண்ணீரில் குளிக்கிறார்கள், தரையில் பாய் விரித்துப் படுக்கிறார்கள். மலைக்குப் போய்த் திரும்பி மாலையைக் கழற்றிய சில நாட்களில் பழைய கடைவாசலில் பழைய கூட்டாளிகளோடு நிற்பவர்களும் அவர்களில் உண்டு. ஊரே பார்த்திருக்கும் இந்த மாற்றத்துக்கு இரண்டு விளக்கம் சொல்வார்கள். சாமி பயம் என்பது ஒன்று. ‘மனசு வைத்தால் முடியும், இவனுக்கு மனசில்லை’ என்பது இன்னொன்று. பக்தியின் பங்கை மறுக்க முடியாது. ஆனால் அதே பக்தி தை மாதத்திலும் அவரிடம் இருக்கிறது, அதே மனமும் இருக்கிறது. இல்லாமல் போனது, அந்த 41 நாளும் அவரைச் சுற்றி எழும்பி நின்ற ஏற்பாடு.

அந்த ஏற்பாட்டைக் கொஞ்சம் கூர்ந்து பார்க்க வேண்டும். கறுப்பு வேட்டியும் துளசி மாலையும் பார்ப்பவர் எல்லோருக்கும் அவர் விரதத்தில் இருப்பதைச் சொல்லிவிடுகின்றன. மனைவி, பிள்ளை, கடைக்காரர் எல்லோரும் ‘சாமி’ என்று கூப்பிடுகிறார்கள். வீட்டில் சமையல் மாறிவிடுகிறது. வழக்கமாகக் குடிக்கப் போகும் மாலை நேரத்தில் குருசாமி வீட்டில் பஜனை நடக்கிறது. கூட்டாளிகள் ‘ஒரு ரவுண்டு வா’ என்று அழைப்பதில்லை. அழைத்தால் தங்களுக்கே பாவம் என்று நினைக்கிறார்கள். எப்போது தொடங்கி எப்போது முடியும் என்பது முன்பே தெரியும். ஒவ்வொரு மாலையும் தனியாக நின்று ஆசையோடு மல்லுக்கட்ட வேண்டிய தேவையே அவருக்குக் குறைந்துவிடுகிறது. சுயக்கட்டுப்பாடு பற்றி உளவியல் ஆய்வுகள் கடந்த இருபது முப்பது ஆண்டுகளில் நெருங்கி வந்திருக்கும் முடிவும் இதுதான்: அது ஆசை வந்து நிற்கும் நொடியில் காட்டும் வீரத்தால் அமைவதைவிட, ஆசை வருவதற்கு முன்பே செய்துவைக்கும் ஏற்பாட்டால்தான் பெரிதும் அமைகிறது.

பிஞ்சு வயதில் தெரிந்துவிடுமா?

பொறுமையாகக் காத்திருக்கும் குழந்தைதான் வாழ்க்கையில் ஜெயிக்கும் என்ற நம்பிக்கை உலகெங்கும் பரவியதற்கு ஒரு சோதனை காரணம். அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழக மழலையர் பள்ளியில் 1960களின் பிற்பகுதியில் உளவியலாளர் வால்டர் மிஷெல் அதைத் தொடங்கினார். மார்ஷ்மெல்லோ போன்ற ஒரு தின்பண்டத்தைக் குழந்தையின் முன் வைத்து, உடனே தின்றால் ஒன்று, ஆய்வாளர் திரும்பும்வரை காத்திருந்தால் இரண்டு என்றார்கள். காத்திருந்த குழந்தைகள் வளர்ந்த பின் படிப்பில் சிறந்திருந்ததாக 1990ல் வெளியான கட்டுரை பெரும் புகழ் பெற்றது. ஆனால் அந்தப் பள்ளியில் படித்தவர்களில் பெரும்பாலோர் பல்கலைக்கழகத்தைச் சார்ந்த, வசதியான குடும்பத்துப் பிள்ளைகள். பல தரப்புக் குடும்பங்களைச் சேர்ந்த சுமார் 900 குழந்தைகளின் தகவலை வைத்து 2018ல் வேறு ஆய்வாளர்கள் பார்த்தபோது, அந்தத் தொடர்பு பாதியளவுதான் தெரிந்தது; குடும்பச் சூழலைக் கணக்கில் எடுத்ததும் அதிலும் பெரும்பகுதி கரைந்தது. இடையில் ராச்செஸ்டர் பல்கலைக்கழகத்தில் சிறிய அளவில் நடந்து 2013ல் வெளியான சோதனை இன்னும் தெளிவானது. சொன்ன பொருளைக் கொண்டுவந்து கொடுத்த பெரியவரை நம்பி ஒரு குழு சராசரியாகப் பன்னிரண்டு நிமிடம் காத்திருந்தது. வாக்குத் தவறிய பெரியவரைப் பார்த்த குழு மூன்று நிமிடத்திலேயே தின்றுவிட்டது. ஏமாந்த குழந்தை கிடைத்ததைத் தின்பதில் புத்திசாலித்தனம் இருக்கிறது. அதைப் பலவீனம் என்று எழுதிவைப்பது நியாயமில்லை.

மிஷெலே கவனித்த இன்னொன்றுக்கு அந்த அளவு கவனம் கிடைக்கவில்லை. பண்டம் கண்ணுக்குத் தெரியாமல் மூடியிருந்தபோது குழந்தைகள் அதிக நேரம் காத்திருந்தார்கள். தாமாகவே கண்ணைப் பொத்திக்கொண்ட, திரும்பி உட்கார்ந்த, பாட்டுப் பாடிய குழந்தைகளும் இருந்தார்கள். பண்டத்தை வெறித்துப் பார்த்துக்கொண்டே ஆசையை அடக்குவது எல்லா வயதிலும் கடினம்.

அடக்குபவர்களா, ஆசையே குறைவாக வருபவர்களா?

ஜெர்மனியில் 205 பேரிடம் ஒரு வாரம் கருவி கொடுத்து, அது ஒலிக்கும்போதெல்லாம் அந்த நேரத்தில் என்ன ஆசை இருந்தது, அதை எதிர்த்தீர்களா என்று கேட்டது ஒரு குழு. 2012ல் வெளியான அதன் முடிவு பலரும் எதிர்பார்க்காதது. சுயக்கட்டுப்பாடு அதிகம் என்று கணிக்கப்பட்டவர்கள் பெரும் போராட்டம் நடத்தி ஆசையை வென்றவர்களாக இல்லை. தம் நோக்கத்தோடு மோதும் ஆசைகளே அவர்களுக்குக் குறைவாக வந்தன. அவர்களுடைய நாளே அப்படிப்பட்ட சந்தர்ப்பங்கள் வராதபடி அமைந்திருந்தது. இதற்குப் பின் வந்த சில ஆய்வுகளும் நல்ல பழக்கங்கள் தானாக நடப்பதால் இவர்களுக்குப் போராட்டம் தேவைப்படவில்லை என்ற திசையையே காட்டின.

இதே உண்மை மிகக் கடுமையான களம் ஒன்றிலும் தெரிந்தது. வியட்நாம் போருக்குப் போன அமெரிக்கச் சிப்பாய்களிடம் ஹெராயின் பழக்கம் பரவியதைக் கண்டு 1971ல் அந்த நாடு பதறியது. ஊர் திரும்பிய வீரர்களைத் தொடர்ந்து ஆராய்ந்தவர் லீ ராபின்ஸ். ஏறத்தாழ ஐந்தில் ஒருவர் அங்கே அடிமையாகியிருந்தார். ஊர் திரும்பிய முதல் ஆண்டில் அப்படி அடிமையானவர்களில் மீண்டும் அடிமையானவர்கள் சுமார் 5 சதவீதம் மட்டுமே. போர்க்களமும், மலிவாகக் கையருகில் கிடைத்த தூளும், உடன் புகைத்த கூட்டமும் ஊரில் அவர்களைச் சுற்றி இல்லை. இந்த ஒரு ஆய்வை வைத்துப் போதை நோய் முழுவதையும் விளக்கிவிட முடியாது. ஆனால் இடம் மாறினால் மனிதன் எவ்வளவு மாறலாம் என்பதற்கு இதைவிடப் பெரிய சான்று அரிது.

சென்னையில் கிடைத்த சான்று

நமக்கு அருகிலேயே ஒரு சான்று உண்டு. இந்தியாவில் 10 கோடிக்கும் மேற்பட்டோருக்கு நீரிழிவு இருப்பதாக இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்துடன் சேர்ந்து நடத்தப்பட்ட பெரிய ஆய்வு 2023ல் கணக்கிட்டது. சர்க்கரையைக் குறை, நட, எடையைக் கவனி என்ற அறிவுரை தெரியாதவர் யாரும் இல்லை. தெரிந்தும் முடியவில்லை என்பதே சிக்கல். சென்னை மருத்துவர் ஏ. ராமச்சந்திரன் தலைமையிலான குழு, நீரிழிவின் வாசலில் இருந்த 537 ஆண்களை இரண்டாகப் பிரித்தது. எல்லோருக்கும் தொடக்கத்தில் உணவு, உடற்பயிற்சி பற்றி ஆலோசனை சொல்லப்பட்டது. ஒரு பாதிக்கு மட்டும் அதன்பின் செல்போனில் குறுஞ்செய்திகள் தொடர்ந்து வந்தன. இரண்டு ஆண்டு முடிவில், ஆலோசனையோடு நின்றவர்களில் 27 சதவீதம் பேருக்கும், குறுஞ்செய்தி வந்தவர்களில் 18 சதவீதம் பேருக்கும் நீரிழிவு வந்திருந்தது. இரு பக்கமும் இருந்தவர்கள் ஒரே மாதிரி மனிதர்கள், ஒரே மாதிரி மனவலிமை உள்ளவர்கள். நாலு வரிச் செய்தி ஒன்று வெளியிலிருந்து ஞாபகப்படுத்திக்கொண்டே இருந்தது, அவ்வளவுதான் வித்தியாசம். தன் மனதை மட்டும் நம்பி இருக்காமல் நினைவூட்ட ஒரு ஆளையோ அலாரத்தையோ வைத்துக்கொள்வதில் வெட்கப்பட ஒன்றுமில்லை என்பதற்கு இது போதும்.

உடம்பு களைத்தால்

மனவலிமை என்பது பயன்படுத்தப் பயன்படுத்தத் தீர்ந்துபோகும் சரக்கு என்று 1998ல் உளவியலாளர் ராய் பாமைஸ்டர் குழு ஒரு கோட்பாட்டை முன்வைத்தது. பிஸ்கட்டை ஒதுக்கி முள்ளங்கி தின்றவர்கள் அடுத்துக் கொடுத்த புதிரைச் சீக்கிரம் கைவிட்டார்கள் என்பது அதன் ஆதாரம். 2016ல் இருபதுக்கும் மேற்பட்ட ஆய்வுக்கூடங்கள் சேர்ந்து, இதே கோட்பாட்டைச் சோதிக்கும் ஒரு பரிசோதனையை இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டவர்களிடம் செய்தபோது அந்த விளைவு ஏறக்குறைய காணவே இல்லை. எனவே ‘காலையில் கட்டுப்பாடாக இருந்தேன், இரவில் தீர்ந்துவிட்டது’ என்று சமாதானம் சொல்ல அறிவியலைத் துணைக்கு இழுக்க முடியாது. தூக்கம் வேறு விஷயம். தூக்கம் குறையும்போது பசியைத் தூண்டும் கிரெலின் என்ற ஹார்மோன் கூடுவதையும், போதும் என்று சொல்லும் லெப்டின் குறைவதையும் சிகாகோ பல்கலைக்கழகச் சோதனை 2004ல் காட்டியது. இனிப்பும் மாவுப்பண்டமும் கேட்கும் ஆவல் அப்போது கூடியது. நெற்றிக்குப் பின்னால் இருக்கும் மூளைப்பகுதிதான் நிதானித்து முடிவெடுக்க உதவுகிறது. தூக்கம் கெட்டால் முதலில் தடுமாறுவதும் அதுதான். இரவு ஒரு மணிவரை ரீல்ஸ் பார்த்துவிட்டு மறுநாள் டீக்கடை பஜ்ஜியை மறுக்க முடியவில்லை என்று தன் மனதைத் திட்டுபவர், திட்ட வேண்டிய இடத்தை விட்டுவிடுகிறார். உணவுக் கட்டுப்பாட்டின் முதல் படி, செல்போன் சார்ஜரைப் படுக்கையறைக்கு வெளியே மாட்டுவதுதான். எழுப்புவதற்கு ஒரு பழைய டைம்பீஸ் போதும்.

எதிர்ப்பவர்கள் சொல்வது

எல்லாவற்றையும் சூழலின் தலையில் கட்டிவிட்டால் மனிதனுக்குப் பொறுப்பே இல்லையா என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. நியூசிலாந்தின் டனீடின் நகரில் 1972, 73ல் பிறந்த ஆயிரத்துக்கு மேற்பட்டவர்களை 32 வயதுவரை தொடர்ந்த ஆய்வில், சிறுவயதில் சுயக்கட்டுப்பாடு கூடுதலாக இருந்தவர்களுக்குப் பின்னாளில் உடல்நலம், பணநிலை இரண்டும் மேலாக இருந்தன. குடும்ப வசதியையும் அறிவுத்திறனையும் கணக்கில் எடுத்த பிறகும் அது தெரிந்தது. ஆகவே சுயக்கட்டுப்பாடு என்ற ஒன்று உண்டு, அது வாழ்க்கையைத் தொடுகிறது. நான் மறுப்பது அதை நொடிநேர மல்யுத்தமாகப் புரிந்துகொள்வதை. பொறுப்பு குறைவதில்லை, அதன் நேரம் மாறுகிறது. மிக்சர் பொட்டலத்தைப் பிரித்த பின் நிறுத்த முடியாதவர், மளிகைச் சீட்டு எழுதும்போது அதை எழுதாமல் விடலாம். பசியில்லாத, நிதானமான அந்த நேரத்தில்தான் அவர் உண்மையில் சுதந்திரமாக இருக்கிறார். ‘இனி நடக்கப் போகிறேன்’ என்பதைவிட ‘காலையில் பிள்ளையைப் பள்ளி வேனில் ஏற்றியதும் அப்படியே நடப்பேன்’ என்று இடமும் நேரமும் சேர்த்து முடிவெடுப்பவர்கள் அதிகம் நிறைவேற்றுகிறார்கள் என்பதை உளவியலாளர் பீட்டர் கோல்விட்சரின் ஆய்வுகள் திரும்பத் திரும்பக் காட்டின. லண்டனில் 96 பேரிடம் நடந்த ஆய்வில் ஒரு செயல் பழக்கமாவதற்கு நடுத்தரமாக 66 நாள் ஆனது. சிலருக்கு மூன்று வாரத்துக்குள், சிலருக்கு எட்டு மாதத்துக்கும் மேல். ஒரு நாள் தவறியது அந்தப் பழக்கத்தைக் கெடுக்கவில்லை என்பதும் அதில் தெரிந்தது. 41 நாள் விரதத்தைப் பழக்கமாக மாற்ற நினைப்பவர், மாலையைக் கழற்றிய பிறகும் மாலை நேரக் கூட்டத்தையும் வீட்டுச் சமையலையும் சில மாதம் அப்படியே தொடர வேண்டும் என்று இதிலிருந்து எடுத்துக்கொள்ளலாம்.

இரண்டாவது எதிர்ப்பு இன்னும் கனமானது. ஒற்றை அறை வீட்டில் ஐந்து பேர், இரவு ஷிப்ட், வேலைவிட்டு வரும் வழியெல்லாம் மதுக்கடை, இவர் எந்தச் சூழலை மாற்றுவார்? இவரிடம் போய் மனவலிமை பற்றிப் பேசுவது கொடுமை. சூழலை மாற்று என்று சொல்லிவிட்டுப் போவதும் பாதிக் கொடுமை. இங்கேதான் சட்டமும் அரசும் வர வேண்டும். கல்வி நிலையத்திலிருந்து 100 கெஜத்துக்குள் புகையிலை விற்கக் கூடாது என்று 2003ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. பொது இடத்தில் புகைக்கும் தடைக்கான விதிகள் 2008 அக்டோபர் 2 முதல் அமலில் இருக்கின்றன. பேருந்துக்குள் சிகரெட் புகைத்த காலத்தை இன்றைய இளைஞர்கள் பார்த்ததே இல்லை. எல்லோருக்கும் திடீரென்று மனவலிமை வந்ததால் அது நடக்கவில்லை.

மருத்துவர் தேவைப்படும் இடம்

ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். பல ஆண்டுகளாகத் தினமும் அதிகம் குடிப்பவர் விரதத்துக்காகவோ வைராக்கியத்திலோ ஒரே நாளில் நிறுத்தினால் கைநடுக்கம், வியர்வை, தூக்கமின்மையோடு வலிப்பும் மனக்குழப்பமும்கூட வரலாம். கவனிக்காவிட்டால் உயிருக்கே ஆபத்து. நிறுத்திய சில நாட்களுக்குள் யாருக்காவது வலிப்போ பிதற்றலோ வந்தால் அதைச் சாமி குற்றம் என்று நினைத்து வீட்டில் வைத்திருக்காமல் உடனே மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும். அப்படிப்பட்டவர் நிறுத்துவதற்கு முன்பே மருத்துவரைப் பார்ப்பது நல்லது. குடியும் புகையும் கைமீறிப் போனவர்களுக்கு மருந்தும் ஆலோசனையும் உண்டு. மனநல ஆலோசனைக்கான அரசின் டெலி மானஸ் இலவச எண் 14416. இரவு பகல் எந்நேரமும் அழைக்கலாம், தமிழிலேயே பேசலாம்.